வெர்லியா: பொருளும் மூலமும்

பிள்ளை பெறுவது பெற்றோரின் உரிமை. அதற்குப் பெயர் வைப்பது அலுவலகம் தரும் சலுகை. இந்த வித்தியாசம் தெரியாமல்தான் நான் என் மகளைப் பெற்றுக்கொண்டேன்.

எங்கள் பக்கத்தில் இப்போது ஒரு வழக்கம். பிள்ளையின் பெயரைக் கேட்டதும், கேட்டவர் "என்னது?" என்று திரும்பக் கேட்க வேண்டும். கேட்காவிட்டால் பெயர் சரியில்லை என்று பொருள். அடுத்து, "அர்த்தம் என்ன?" என்பார்கள். அதற்குப் பெற்றவள் லேசாகத் தலையைச் சாய்த்து, "அது ரொம்பப் பழைய சொல்லுங்க" என்று தொடங்க வேண்டும். என் நாத்தனார் மகளுக்கு வைத்திருக்கும் பெயரைச் சொல்லி முடிக்க நடுவில் ஒரு மூச்சு வாங்க வேண்டும். அவசரத்துக்கு நாத்தனாரே அவளை "ஏய், இங்க வாடி" என்றுதான் கூப்பிடுகிறாள். அது வேறு விஷயம்.

எனக்குப் பெயர் தேடும் சிரமமே இருக்கவில்லை. பிரசவ அறையில் வலி தாங்காமல் படுக்கை விரிப்பில் முகத்தைப் புதைத்துக்கொண்டேன். எங்கள் சலவையகத்தில் வெளுத்த விரிப்புதான். மடிப்பைப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது. அங்கே நீராவித் தேய்ப்பு மேசை என்னுடையது. சரி, பார்த்த முகம் ஒன்றாவது பக்கத்தில் இருக்கிறதே என்று ஆழமாக ஒரு மூச்சை இழுத்தேன். அப்போது, எங்கிருந்து வந்ததோ, ஒரு பெயர் மனசுக்குள் வந்து உட்கார்ந்தது. வெர்லியா. கூடவே புதுத் தளிர்களுக்கு நடுவில் நிற்கிற மாதிரி ஒரு குளிர்ச்சி.

"வசந்த காலமே வந்து காதுல சொன்ன மாதிரி இருந்துச்சுங்க" என்றேன் கணவரிடம்.

அவர் உடனே கைபேசியில் தேடினார். பெயர்களுக்குப் பொருள் சொல்லும் தளம் ஒன்று பளிச்சென்று பதில் தந்தது: "வெர்லியா. பொருள்: வசந்தத்தின் முதல் தளிர். மூலம்: மிகத் தொன்மையானது. இப்பெயர் உடையவர்கள் தலைமைப் பண்பு மிக்கவர்கள்."

"பாத்தியா! எனக்கு உடம்பே சிலிர்க்குது" என்றார்.

என் மாமியார் குழந்தையின் துணிகளை மடித்துக்கொண்டிருந்தார். "அதுல தொடப்பம்னு போட்டுப் பாருடா" என்றார்.

போட்டார். "துடைப்பம். பொருள்: வசந்தத்தின் முதல் தென்றல். மூலம்: மிகத் தொன்மையானது. இப்பெயர் உடையவர்கள் தலைமைப் பண்பு மிக்கவர்கள்."

"வசந்தம்தான் வேணும்னா வசந்தான்னு வையுங்களேன். மாடியிலிருந்து கத்திக் கூப்பிட்டாலும் வாயில நிக்கும்" என்றார் மாமியார்.

நாங்கள் இருவரும் அவரைப் பாவமாகப் பார்த்தோம். வசந்தாவாம்! பிள்ளையைப் பத்து வயதிலேயே தலைமை ஆசிரியை ஆக்குகிற பெயர்.

இதில் அவசரம் ஒன்று இருந்தது. சலவையகத்திலேயே குழந்தைகள் காப்பகம் இருக்கிறது. என் விடுப்பு முடிவதற்குள் பெயரோடு கூடிய பிறப்புச் சான்றிதழைக் காட்டினால் பிள்ளைக்கு அங்கே இடம் உண்டு. காட்டாவிட்டால் இடமில்லை. பிள்ளைக்கு இடமில்லை என்றால் எனக்கும் வேலையில்லை. மேற்பார்வை அக்கா தெளிவாகச் சொல்லிவிட்டார்: "உன் மேசைக்கு ஏற்கெனவே ஒருத்தி கண்ணு வச்சுட்டாம்மா. சீக்கிரம் வந்துடு."

பெயர்தானே, ஒரு காலைப் பொழுது வேலை என்று பிள்ளையைத் தூக்கிக்கொண்டு கிளம்பினேன்.

பெயர்ப் பதிவு அலுவலகத்தில் இரண்டு சாளரங்கள் இருந்தன. ஒன்றின் மேல் "சாதாரணப் பெயர்கள்" என்று எழுதியிருந்தது. அங்கே ஆட்கள் வருவதும் போவதுமாக இருந்தார்கள். இன்னொன்றின் மேல் "அரிய பெயர்கள் (சிறப்புப் பிரிவு)". அங்கே யாருமே இல்லை. கூட்டமில்லாத இடத்தில் நிற்பதுதான் புத்திசாலித்தனம் என்று நினைத்தேன். அங்கே ஏன் கூட்டமில்லை என்பது அப்போது தெரியாது.

சிறப்புப் பிரிவு அதிகாரி கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே நிமிர்ந்தார். "பேர் அரியதுதானாம்மா? நிச்சயமா?"

"நிச்சயம் சார். யாருக்குமே இந்தப் பேர் இல்லை."

"யாருக்குமே இல்லையா?" அவர் முகம் வாடிவிட்டது. "யாருக்குமே இல்லைன்னா அது பேரே இல்லையேம்மா. வெறும் சத்தம். யாராவது ஒருத்தருக்காவது இருந்தாத்தான் அது பேர்."

"அப்போ யாருக்காவது இருந்தா சரியா சார்?"

"இருந்தா அப்புறம் அது எப்படிம்மா அரிய பேர் ஆகும்?"

எனக்குத் தலை சுற்றியது. பிள்ளைக்கு விக்கல் வந்தது. அதிகாரிக்கு மட்டும் எந்த உடல் உபாதையும் இல்லை.

"குழப்பிக்காதீங்க. உங்களைப் போன்றவங்களுக்குத்தான் விதி வச்சிருக்கோம்" என்றார் பரிவோடு. "பொருளும் மூலமும் உண்டுன்னு சொல்லாய்வாளர்கிட்ட ஒரு சான்று வாங்கணும். அப்புறம் இந்தப் பேருக்கு யாருக்காவது ஆட்சேபம் இருக்கான்னு பொது அறிவிப்பு போடுவோம். எல்லா அலுவலகத்திலும், எல்லா மருத்துவமனையிலும், முக்கியமா பிரசவப் பிரிவு வாசல்ல ஒட்டுவோம். ஆட்சேபம் வரலைன்னா பேர் உங்களுக்கு." பிறகு பிள்ளையை எட்டிப் பார்த்தார். "எந்தப் பருவத்துல பொறந்தா?"

"நல்ல மழை சார் அன்னைக்கு."

"மழைக்காலத்துல பொறந்த பிள்ளைக்கு வசந்தகாலப் பேரா?" பேனாவைக் கீழே வைத்தார். "அப்போ வானிலை அலுவலகத்திலிருந்து பருவத் தடையின்மைச் சான்றும் வேணும்."

வானிலை அலுவலகத்தில் ஒரு பெண்மணி ஜன்னலை ஒட்டி உட்கார்ந்திருந்தார். ஜன்னலுக்கு வெளியே மரமெல்லாம் பூத்துக் குலுங்கியது. "இந்த வருஷத்து வசந்தத்தை நாங்க இன்னும் அறிவிக்கலையேம்மா" என்றார்.

"வெளியே பூத்திருக்கே மேடம்?"

"அது அனுமதியில்லாம பூத்தது. அதை வச்சு நான் கையெழுத்துப் போட முடியுமா?"

பிள்ளை அப்போது பார்த்து வீறிட்டு அழுதாள். அடங்கவே இல்லை. அவருக்கு மதியச் சாப்பாட்டு நேரம் வேறு. சட்டென்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டார். என் மகள் உண்மையிலேயே தலைமைப் பண்பு மிக்கவள்தான்.

சொல்லாய்வாளர் வீட்டில் நாற்காலிமேலும் புத்தகம், நாற்காலிக்கு அடியிலும் புத்தகம். பெயரைச் சொன்னேன். கண்ணை மூடிக்கொண்டு நாலு தரம் உச்சரித்துப் பார்த்தார்.

"எந்தக் காலத்து மூலம் வேணும்?"

"நம்ம இஷ்டத்துக்கா சார் கிடைக்கும்?"

"நேத்தைய மூலம்னா இப்பவே தரலாம். ஆயிரம் வருஷத்து மூலம்னா நாளை வரை ஆகும். அதுக்கும் முந்தினது வேணும்னா ஒரு வாரம். பழசு இல்லையா, தேடணுமே."

"அவசரமா வேணும் சார். ஆனா பழசா இருந்தா நல்லாருக்கும்" என்றேன். நாத்தனார் முகம் கண் முன்னால் வந்து போனது.

அவர் யோசித்துவிட்டு எழுதினார்: "வெர்லியா என்பது, எழுத்து ஏதும் விட்டுச் செல்லாமல் மறைந்துபோன ஒரு மக்களின் மொழியில், பனி விலகியபின் தலைகாட்டும் முதல் தளிரைக் குறித்து வழங்கிய சொல்லாகும்."

"எழுத்தே இல்லைன்னா உங்களுக்கு எப்படி சார் தெரியும்?"

"இல்லைன்னு அந்த அலுவலகத்துக்கு எப்படித் தெரியும்?" என்று திருப்பிக் கேட்டுவிட்டு முத்திரையை ஓங்கிக் குத்தினார்.

எல்லாம் கொண்டுபோய்க் கொடுத்தேன். அதிகாரி திருப்தியோடு தலையாட்டினார். அறிவிப்பும் போட்டார்கள். என்ன அழகான அறிவிப்பு! பச்சை விளிம்பு கட்டி, நடுவில் பெரிய எழுத்தில் "வெர்லியா", அதன் கீழே "வசந்தத்தின் முதல் தளிர், மிகத் தொன்மையானது, மிக அரியது", அதற்கும் கீழே, பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தால் தெரிகிற அளவில், "ஆட்சேபம் உள்ளவர்கள் அணுகவும்".

ஆட்சேபம் என்று ஒருவரும் அணுகவில்லை. எல்லோரும் வேறு சாளரத்தை அணுகினார்கள்.

எப்படியென்றால், பிரசவப் பிரிவு வாசலில் வேறு வேலையில்லாமல் நிற்கிற அப்பாக்கள் அத்தனை பேரும் அந்த அறிவிப்பைப் படித்தார்கள். உள்ளே போய்ப் பெண்டாட்டிகளிடம் சொன்னார்கள். அவர்களும் என்னவோ ஏற்கெனவே கேட்டுப் பழகின பெயர் மாதிரி, "அட, இதையே வச்சிடலாங்க" என்றார்களாம். அந்த அப்பாக்கள் பதிவு அலுவலகம் வந்தார்கள். கூட்டமாக இருந்த பக்கம் போய் நின்றார்கள். சாதாரணப் பெயர்கள் சாளரத்தில் எந்தச் சான்றும் கேட்பதில்லை. சாதாரணம்தானே? பெயரைச் சொன்னால் எழுதிக் கையில் கொடுத்துவிடுவார்கள். நான் இந்தப் பக்கம் பிள்ளையைத் தோளில் தட்டியபடி ஆட்சேபத்துக்காகக் காத்திருந்தேன். அந்தப் பக்கம் வெர்லியாக்கள் சுடச்சுட வெளியே போய்க்கொண்டிருந்தார்கள்.

"சார், நானும் அந்தப் பக்கமே போய் வாங்கிக்கிறேனே?" என்று கெஞ்சினேன்.

"எப்படிம்மா முடியும்? நீங்க அரியதுன்னு எழுதிக் கொடுத்தாச்சு. இப்போ சாதாரணம்னு சொன்னா முதல்ல சொன்னது பொய்யாயிடும். பொய்த் தகவல் கொடுத்தா பேரே கிடைக்காது."

விடுப்பு முடிய இரண்டே நாள் இருக்கும்போது கூப்பிட்டு அனுப்பினார்கள். ஓடினேன். அதிகாரி என் விண்ணப்பத்தை மரியாதையாக என் பக்கம் நகர்த்தினார்.

"வருத்தமா இருக்கும்மா. நிராகரிச்சாச்சு. வெர்லியா இப்போ அரிய பேர் இல்லை. ஊர்ல எங்க பார்த்தாலும் அதான்." பிறகு மேசை மேலிருந்த இனிப்புப் பெட்டியைத் திறந்து நீட்டினார். "எடுத்துக்கோங்க. பேத்தி பொறந்திருக்கா."

"ரொம்ப சந்தோஷம் சார். என்ன பேர்?"

அவர் லேசாகத் தலையைச் சாய்த்தார். "அது ரொம்பப் பழைய சொல்லும்மா" என்று தொடங்கினார்.

அவரை முடிக்கவிடாமல் குறுக்கிட்டேன். "சார், எனக்கு வேலை போயிடும். ஏதாவது ஒரு பேரைக் கொடுத்து அனுப்புங்க."

"ஏதாவது ஒண்ணு தர முடியாது. நீங்க சிறப்புப் பிரிவு. அரியதா இருக்கணும், வசந்தம் சம்பந்தமா இருக்கணும், பருவச் சான்று அதுக்குத்தான் வாங்கியிருக்கீங்க, ஏற்கெனவே பேர்னு அறியப்பட்டதாவும் இருக்கணும்." கணினியை வெகுநேரம் தட்டினார். திடீரென்று நிமிர்ந்து உட்கார்ந்தார். "அடடா! ஒண்ணு இருக்கும்மா. ரொம்ப வருஷமா ஒருத்தரும் வைக்கலை. இவ்வளவு நாள் இது என் கண்ணுல படாமப் போச்சே."

திரையை என் பக்கம் திருப்பினார்.

வசந்தா.

சான்றிதழோடு வீட்டுக்கு வந்தேன். மாமியார் வாங்கிப் படித்தார். என்னைப் பார்த்தார். மகனைப் பார்த்தார். மாடிக்குப் போய், "வசந்தா!" என்று ஒரு குரல் கொடுத்துப் பார்த்துவிட்டு, "நிக்குது" என்றார்.

விடுப்பு முடிந்த மறுநாள் காலை சலவையகத்தில் இருந்தேன். என் மேசை எனக்கே கிடைத்தது. மகளைக் காப்பகத்தில் விட்டேன். ஆயா, "வெர்லியா, பால் குடிக்கலாமா" என்று கூப்பிட்டதும் தொட்டில் பிள்ளைகளெல்லாம் ஒட்டுமொத்தமாகத் திரும்பிப் பார்த்தன. என் மகள் மட்டும் கட்டை விரலைச் சூப்பிக்கொண்டு தனியாகக் கூரையைப் பார்த்தாள். பெருமையாகத்தான் இருந்தது.

தேய்ப்பு மேசைக்குப் போனேன். துணியை மென்மையாக்கும் திரவம் தீர்ந்திருந்தது. கிடங்கிலிருந்து புது டப்பாவை உருட்டி வந்து மூடியைத் திருகினேன். குப்பென்று வாசம் வந்தது. புதுத் தளிர்களுக்கு நடுவில் நிற்கிற மாதிரி ஒரு குளிர்ச்சி. எனக்கு இடுப்பு வலியே திரும்ப வந்துவிட்டது போலிருந்தது. டப்பாவை மெல்லத் திருப்பிப் பார்த்தேன்.

"வெர்லியா. வசந்த மணம். மருத்துவமனை விரிப்புகளுக்கு ஏற்றது."

ஒவ்வொருவராக நினைவுக்கு வந்தார்கள். காப்பகம் நிறையப் பிள்ளைகள். அதிகாரியின் பேத்தி. எழுத்தை விட்டுச் செல்லாமல் மறைந்துபோன அந்த மக்கள். யாரிடமாவது சொல்லலாமா என்று யோசிப்பதற்குள் மேற்பார்வை அக்கா வந்துவிட்டார்.

"பிள்ளைக்குப் பேர் வச்சாச்சா?"

"வசந்தா, அக்கா."

"என்னது?" என்றார் அக்கா.

எத்தனை நாளாக இந்த ஒரு வார்த்தைக்காகக் காத்திருந்தேன்! திரும்பச் சொன்னேன். அக்காவின் கண்கள் விரிந்தன. "யாருமே வைக்காத பேராப் பிடிச்சிருக்கியேடி! என் மகளுக்கும் இதுதான் மாசம். அர்த்தம் என்னவாம்?"

லேசாகத் தலையைச் சாய்த்தேன். "அது ரொம்பப் பழைய சொல்லுக்கா" என்றேன்.

இப்போது காப்பகத்தில் வசந்தாக்களும் கூடிக்கொண்டு வருகிறார்கள். நாத்தனார்கூட இரண்டாவது பிள்ளைக்கு அதைத்தான் யோசித்து வைத்திருக்கிறாளாம். எனக்கு மனசு ஆறவில்லை. நேற்று வேலை முடிந்ததும் கிடங்குக்குப் போய், கறை நீக்கும் தூள் டப்பாக்களை ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு பெயர் ரொம்பவே நன்றாக இருக்கிறது. அடுத்தது பெண்ணாகப் பிறந்தால் வைக்கலாம். பெயரை மட்டும் இப்போது சொல்ல மாட்டேன், நீங்கள் வைத்துவிடுவீர்கள்.