வலஞ்சுழித் தண்ணீர்

ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு மணிக்கே மண்டபத்து வாசலில் செருப்பு விட இடமில்லை. சாலையின் ஒரு பக்கம் வேன்கள், இன்னொரு பக்கம் ஷேர் ஆட்டோக்கள். வாசலில் இருபதடி பேனர். ‘அறிவியல் ஒப்புக்கொண்ட அற்புதம்! வலஞ்சுழி நீர்! சர்க்கரை நோய், மூட்டு வலி, கல்யாணத் தடை, வழக்குத் தொல்லை அனைத்தும் நீங்கும்!’ ஒரே தண்ணீர் முழங்காலுக்குள்ளும் போகுமாம், கோர்ட்டுக்குள்ளும் போகுமாம்.

பேனரின் இடது மூலையில் வலஞ்சுழிச் சித்தர் சிரித்துக்கொண்டிருந்தார். வலது மூலையில் கோட்டு மாட்டி, அவரைவிட ஜாஸ்தியாகச் சிரித்துக்கொண்டிருந்தவன் நான். படத்தின் கீழே ‘வேதியியல் மாமேதை அருணகிரி, எம்.எஸ்சி., பி.எட்.’

மாமேதை என்று போடும்படி நான் சொல்லவில்லை. எடுக்கும்படியும் சொல்லவில்லை.

நான் ஒரு மேல்நிலைப் பள்ளியில் வேதியியல் ஆசிரியர். அண்ணாமலை அடிவாரத்தில், வேங்கிக்காலில் வீடு. சித்தரின் பூர்வாசிரமப் பெயர் பரசுராமன். சித்தர் ஆவதற்கு முன் வீடு வீடாகப் போய்த் தண்ணீர் சுத்திகரிக்கும் மெஷின் விற்றுக்கொண்டிருந்தான். மெஷின் போகவில்லை. அதனால் மெஷினை விட்டுவிட்டுத் தண்ணீரை மட்டும் விற்கலாம் என்று முடிவு செய்தபோது என் வீட்டுக்கு வந்தான். ஒரு சால்வை, ஒரு கிலோ ஆப்பிள்.

“சார், ஜனங்க மலைய வலமா சுத்தறாங்க. அதே மாதிரி தண்ணியயும் வலமா எடுத்துக்கினு போனா, அதுக்குள்ள இன்னாவோ ஒண்ணு வலமா சுத்துமே, அதுக்கு சைன்ஸ்ல பேரு இருக்குதா?”

“இல்லை, எழுந்து போங்க” என்று சொல்லியிருந்தால் இந்தக் கதையே இல்லை. நான் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, “இருக்குதே. வலஞ்சுழி. டெக்ஸ்ட்ரோரொட்டேட்டரி” என்றேன்.

அவன் அதைக் கையில் எழுதிக்கொண்டான்.

சால்வை போர்த்தியவனுக்கு வாய் நிற்குமா? மேலே மேலே சொன்னேன். ஒளி எல்லாத் திசையிலும் அதிர்ந்துகொண்டு வருகிறது. ஒரு விசேஷத் தகடு வழியாக விட்டால் ஒரே திசையில் அதிரும் ஒளி மட்டும் வெளியே வரும். அதன் முன்னால் இரண்டாவது தகட்டைக் குறுக்காக வைத்தால் அதுவும் அடைபட்டு ஒரே இருட்டு. இப்போது நடுவில் சர்க்கரைக் கரைசலை வையுங்கள். கரைசல் அந்த அதிர்வுத் திசையையே கொஞ்சம் திருப்பிவிடும். இருட்டில் வெளிச்சம் கசியும். மறுபடி இருட்டாக்க முன்தகட்டை வலப்பக்கம் திருகவேண்டி வந்தால் அந்தப் பொருள் வலஞ்சுழி. இடப்பக்கம் திருகவேண்டி வந்தால் இடஞ்சுழி.

இவ்வளவுதான் அந்தச் சொல்லுக்கு அர்த்தம். சுற்றுவது தண்ணீர் அல்ல, திரும்புவது ஒளி. அதில் நல்லது கெட்டது எதுவும் கிடையாது. பழத்திலுள்ள சர்க்கரையில் ஒரு வகை இடஞ்சுழி. அதற்காக யாரும் மாம்பழத்தைத் தீட்டு என்று தள்ளிவைப்பதில்லை. வெறும் தண்ணீரோ எந்தப் பக்கமும் திருப்பாது. அதைத் தலையில் சுமந்துகொண்டு மலையை நூறு முறை சுற்றினாலும் சுமந்தவருக்குத்தான் கழுத்து வலிக்கும்.

இந்தக் கடைசி விஷயத்தையும் நான் அவனிடம் சொன்னேனா? சொன்னதாகத்தான் பல நாள் நினைத்துக்கொண்டிருந்தேன். சொல்லவில்லை. இருபத்திரண்டு வருடமாக இந்தப் பாடத்தை நடத்துகிறேன். நடத்தும்போதெல்லாம் பிள்ளைகள் ஜன்னல் வழியே மலையைப் பார்ப்பார்கள். பரசுராமன் என்னைப் பார்த்தான். கேட்கிற ஒருவன் கிடைத்த மகிழ்ச்சியில் அவனுக்குப் பிடிக்காத பகுதியை விட்டுவிட்டேன்.

ஒரு மாதம் கழித்து மண்டபத்தில் முதல் கூட்டம். மேடையில் ஒரு கறுப்புப் பெட்டி. உள்ளே பல்பு, முன்னும் பின்னும் இரண்டு தகடு. பக்கத்தில் கார்க் அடைத்த இரண்டு நீளமான கண்ணாடிக் குழாய்கள். காவி உடுத்தி நெற்றி நிறைய விபூதி பூசியிருந்த பரசுராமன் முதல் குழாயைத் தூக்கிக் காட்டினான்.

“இது முனிசிபாலிட்டி தண்ணி.”

பெட்டிக்குள் வைத்தான். இருட்டு.

“இது மலைய வலம் வந்த தண்ணி.”

வைத்தான். பெட்டியின் வாயில் மங்கலான பொன்னிற வெளிச்சம் எழுந்தது. கூட்டம் ‘அரோகரா’ என்றது. பின்வரிசையில் ஒருவர் மயக்கமே போட்டார்.

என்னை அழைத்துப் பார்க்கச் சொன்னான். குனிந்து பார்த்தேன். வெளிச்சம்தான். முன்தகட்டை வலப்பக்கம் திருகினேன். மங்கியது. என் உடம்பு சிலிர்த்தது. சர்க்கரைக் கரைசல் வெளிச்சம் தரும் என்று அவனுக்கு என் வீட்டு நாற்காலியில் உட்கார்ந்து சொல்லிக் கொடுத்தவன் நான். அவன் அதையே செய்து காட்டியபோது வாயைப் பிளந்தவனும் நான். வெறும் தண்ணீரையும் ஒப்பிட்டுக் காட்டுகிறானே, எவ்வளவு முறையான சோதனை என்று மெச்சிக்கொண்டேன். குழாயில் என்ன இருக்கிறது என்று மட்டும் கேட்கத் தோன்றவில்லை. ஆயிரம் பேர் கைதட்டும் சத்தத்தில் மூளை வேலை செய்வது கம்மி.

மைக்கைப் பிடித்தேன். “இது டெக்ஸ்ட்ரோரொட்டேட்டரி! அறிவியல் பொய் சொல்லாது!” என்று முழங்கினேன்.

அறிவியல் பொய் சொல்லவில்லைதான். அதற்குப் பதிலாக நான் சொன்னேன்.

அந்தக் கூட்டத்தில் மூன்றாவது வரிசையில் என் அக்கா பச்சையம்மாள் உட்கார்ந்திருந்தாள். கீழ்பென்னாத்தூரில் இரண்டு ஏக்கர் நிலக்கடலை. பன்னிரண்டு வருடமாகச் சர்க்கரை நோய்க்கு மாத்திரை சாப்பிடுகிறவள். தம்பி மைக்கில் பேசுவதைப் பார்த்துப் பக்கத்திலிருந்தவர்களிடமெல்லாம், “அவன் என் தம்பிதான்” என்று சொன்னாளாம். போகும்போது ஆறு பாட்டில் வாங்கிப் போனாள். மாத்திரையை நிறுத்திவிட்டாள். எனக்குச் சொல்லவில்லை. மைக்கில் சொன்ன தம்பிக்குத் தெரியாததா என்று நினைத்திருக்கிறாள்.

ஏழாவது வாரம் கடலைக் கொல்லையில் காலில் கட்டை குத்தியது. புண் ஆறவில்லை. கறுத்தது. ஒரு வியாழக்கிழமை காலை நினைவு தப்பி வேனில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவந்தார்கள். ரத்தத்தில் சர்க்கரை நானூற்று எண்பது. “மாத்திரய யார் நிறுத்தச் சொன்னாங்க?” என்று டாக்டர் கேட்டார். அக்கா மகன் மணிவேல் என்னைப் பார்த்தான்.

அங்கிருந்து நேராகப் பள்ளிக்குப் போனேன். ஆய்வகத்தில் கன்னியம்மாள் குடுவை கழுவிக்கொண்டிருந்தார். ஆய்வக உதவியாளர். நான் சேர்ந்த வருடமே சேர்ந்தவர். அடி அண்ணாமலையில் வீடு. என் முகத்தைப் பார்த்துவிட்டுத் தண்ணீர்க் குழாயை மூடினார்.

நடந்ததைச் சொன்னேன். “ஆனா நான் என் கண்ணால பார்த்தேன் கன்னியம்மா. வெளிச்சம் வந்துச்சு” என்றேன். அந்த நிலையிலும் என் கண்ணுக்கு வக்காலத்து!

“வந்திருக்கும் சார். அந்தக் குழாய்ல தண்ணி ஊத்தினத பார்த்தீங்களா?”

“இல்ல. ஏற்கெனவே ஊத்தி வெச்சிருந்தான்.”

“யாரு கலக்கினதுனு தெரியாத பாட்டில நான் மோந்துகூட பாக்க மாட்டேன் சார். அப்படியே கவுத்துடுவேன். நீங்க அத வெச்சு மைக்குல பேசிட்டீங்களே.” கையைத் துடைத்துக்கொண்டு மேலும் சொன்னார். “அந்தத் தண்ணி மலையும் சுத்தல, மண்ணும் சுத்தல. எங்க தெரு போர்லதான் புடிக்கிறாங்க. குட்டியானை வண்டியில ஏத்தி நேரா மண்டபத்துக்குப் போவுது. தினமும் பாக்கறேன்.”

“முன்னாடியே சொல்லக் கூடாதா?”

“பேனர்ல உங்க போட்டோ இருந்துச்சு. உங்களுக்குத் தெரியாததா எனக்குத் தெரியப்போவுதுனு இருந்துட்டேன்.”

அக்கா நினைத்த அதே நினைப்பு. ஊரில் எத்தனை பேர் இப்படி என்னை நம்பி யோசிப்பதை நிறுத்தினார்களோ!

சுஹைலின் மூக்குக்கண்ணாடிக் கடைக்குப் போய், வெயிலில் கண் கூசாமல் இருக்கப் போடும் போலராய்டு கண்ணாடியின் இரண்டு வில்லைகளை வாங்கிவந்தேன். ஒன்றன்மேல் ஒன்றைக் குறுக்காக வைத்தால் இருட்டு. மேசைமேல் மொபைல் டார்ச். அதன்மேல் ஒரு வில்லை. அதன்மேல் உயரமான கண்ணாடி அளவு ஜாடி. ஜாடியின் வாயில் இன்னொரு வில்லை. கன்னியம்மாள் தன் பக்கத்து வீட்டிலிருந்து வாங்கி வந்த வலஞ்சுழி நீர் பாட்டிலின் சீலை உடைத்து ஊற்றினார்.

இருட்டு.

ஆசிரியர் அறை டீ டப்பாவிலிருந்து நாலு ஸ்பூன் சர்க்கரை எடுத்துவந்து போட்டுக் கலக்கினார்.

வெளிச்சம்.

பத்து நிமிடம்கூட ஆகவில்லை. எம்.எஸ்சி.க்கு இரண்டு வருடம் ஆனது.

அடுத்த ஞாயிறுதான் நான் தொடக்கத்தில் சொன்ன கூட்டம். வழக்கம்போல் முதல் பேச்சு என்னுடையது. கூடவே கன்னியம்மாளும் மேடை ஏறினார். கையில், வாசலில் வரிசையில் நின்று அப்போதுதான் வாங்கிய பாட்டில்.

“இந்த அம்மா எங்க ஆய்வகத்துல வேலை செய்யறவங்க. ஒரு சின்ன சோதனை செய்வாங்க” என்றேன். பரசுராமன் முகத்தில் சிரிப்பு இருந்தது. கண்ணில் இல்லை.

கன்னியம்மாள் ‘முனிசிபாலிட்டி’ குழாயைக் காலி செய்து, பாட்டில் தண்ணீரை அதில் ஊற்றிப் பெட்டிக்குள் வைத்தார். முன்வரிசைக்காரர்கள் எழுந்து எட்டிப் பார்த்தார்கள். இருட்டு.

“தாயே!” பரசுராமன் கையைத் தூக்கினான். “அருள்னா சும்மாவா? பாட்டிலத் தொறந்தா உடனே காத்துல பறந்துடும்!”

“அப்ப தொறக்காம எப்படி சாமி குடிக்கிறது?” என்றார் கன்னியம்மாள்.

யாரோ ஒருவர் சிரித்தார். பிறகு ஒரு வரிசை. பிறகு மண்டபமே.

சிரிப்பு அடங்குவதற்குள் அவர் ‘அருள்’ குழாயின் கார்க்கைப் பிடுங்கி, கீழே இறங்கி, முன்வரிசையில் இருந்த எல்லம்மாள் என்ற பூக்காரப் பெண்மணியின் உள்ளங்கையில் கொஞ்சம் ஊற்றினார். “நாக்குல வெச்சுப் பாருங்கக்கா.”

எல்லம்மாள் நக்கிப் பார்த்தார். “அட, பாகு! ஜிலேபிக்குக் காய்ச்சற பாகாட்டம் இருக்குது!” என்று கத்தினார். “எனக்கு வித்த பாட்டில்ல இது இல்லியேடா! சக்கரை நோய்க்குத் தண்ணிய குடுத்துட்டு, சக்கரைய நீ வெச்சிக்கினியா?”

பரசுராமன் பின்வாசலைப் பார்த்தான். அங்கேயும் கூட்டம். உடனே விரலை என் பக்கம் நீட்டினான். “எனக்கு இன்னா தெரியும்? எல்லாம் இந்த சார் சொல்லிக் குடுத்ததுதான்! சக்கரைத் தண்ணி, தகடு, அந்தப் பேரு, எல்லாமே இவருதான்!”

அவன் இரண்டு மாதத்தில் பேசிய முதல் உண்மை அது.

மண்டபம் என் பக்கம் திரும்பியது. தருமன் என்ற வயதான விவசாயி எழுந்து நின்றார். “நீ வாத்தியாரா, இல்ல அவனுக்குக் கூட்டாளியா?”

“ரெண்டும்தாங்க” என்றேன். “சொல்லிக் குடுத்தது நான். ஏமாந்ததும் நான். உங்கள ஏமாத்தினதும் நான். எங்க அக்கா இத நம்பி மாத்திரய நிறுத்திட்டா. நேத்து அவ கால்ல ரெண்டு விரல எடுத்துட்டாங்க. இங்க யாராவது மாத்திரய நிறுத்தியிருந்தா, தயவுசெஞ்சு இப்பவே எழுந்து டாக்டர்கிட்ட போங்க.”

ஒரு அம்மாள் எழுந்தார். பின்னால் இன்னொருவர். எண்ணிப் பார்க்கவே பயமாக இருந்தது. நாற்பது பேருக்கு மேல் எழுந்துபோனார்கள். போகிற போக்கில் ஒருவர் என் முகத்துக்கு நேரே துப்பினார். பரசுராமனைப் போலீஸ் கூட்டிப் போனது. என்னையும் வரச் சொல்லி எழுதி வாங்கினார்கள். நியாயம்தான்.

மாலையில் ஆஸ்பத்திரிக்குப் போனேன். அக்கா கண் விழித்திருந்தாள். அந்தச் சொல்லின் அர்த்தத்தை அவளுக்கு விளக்க ஆரம்பித்தேன். ஒளி, தகடு, திசை...

“போதும்டா” என்றாள். “அது இன்னா சொல்லுனே எனக்கு வாயில நுழையல. புரிஞ்சிருந்தா ரெண்டு கேள்வி கேட்டிருப்பேன். புரியல, அதனால பெரிய விஷயமா இருக்கும்னு குடிச்சிட்டேன்.”

புரியாத சொல்லைப் பெரிய விஷயமாக்குவதைத்தானே இத்தனை வருடம் வகுப்பில் செய்துகொண்டிருந்தேன்!

“மாத்திர எடுத்துக் குடு. மணி ஆச்சு” என்றாள். அட்டையை வாங்கி, பேரைப் படிக்கச் சொல்லி, எத்தனை வேளை என்று நர்ஸிடம் தானே கேட்டுக்கொண்டுதான் விழுங்கினாள். என்னிடம் கேட்கவில்லை.

பத்து நாள் கழித்து கலெக்டர் ஆபீஸ் பக்கத்து டீக்கடையில் தருமனைப் பார்த்தேன். ஒதுங்கிப் போக நினைத்தேன். அவரே வந்து கையைப் பிடித்துக்கொண்டார்.

“சார், அன்னிக்குக் கோவத்துல பேசிட்டேன். அத்தன பேர் முன்னாடி தப்ப ஒத்துக்கினீங்க பாருங்க, அதான் பெரிய மனசு. இனிமே எந்தச் சாமியார் சொன்னாலும் நம்ப மாட்டேன். நீங்க இன்னா சொன்னாலும் அப்படியே நம்புவேன்!”

நான் டீயைக் கீழே வைத்தேன்.

“ஐயா, அப்படி நம்பறதுக்கு நீங்க அந்தத் தண்ணியையே குடிச்சிருக்கலாம்” என்றேன்.