எல்லாருக்கும் கேட்குதா?

சட்டைக் காலரில் மாட்டியிருந்த மைக்கில் பச்சை விளக்கு எரிவதைக் கைடு கவனித்தபோது, அவன் அக்காவுடன் போனில் பேசத் தொடங்கி ஏழு நிமிடம் ஆகியிருந்தது.

ஒரு மனிதன் தன் பிழைப்பில் மண்ணை அள்ளிப் போட்டுக்கொள்ள இரண்டு நிமிடம் போதும். மீதி ஐந்தையும் அவன் வீணாக்கியிருக்கவில்லை.

"என்னடா, பேச்சையே காணோம்?" என்றாள் அக்கா.

"அப்புறம் பேசறேன்க்கா," என்று வைத்துவிட்டான்.

கடலை ஒட்டிய பாறைகளின் மேல் ஒற்றையடிப் பாதை. அவன் முன்னால் போக, பின்னால் பத்துப் பேர் வரிசையாக வந்துகொண்டிருந்தார்கள். காற்று பேச்சை அள்ளிக்கொண்டு போய்விடும் என்பதால் அவனுக்குக் காலரில் மைக், அவர்களுக்கு ஆளுக்கொரு காதுக் கருவி. மூன்று மணி நேர நடை, நடுவில் ஒயின் கொட்டகையில் ருசி பார்த்தல், கடைசியில் அவன் வீட்டு முற்றத்தில் அவன் மனைவி கையால் சாப்பாடு. இதுதான் அவர்கள் இருவரும் சேர்ந்து நடத்தும் தொழில். உள்ளதைச் சொல்வதென்றால் அந்தப் பாதை ஒரே குன்றைத்தான் சுற்றிச் சுற்றிப் போகும். குன்றின் உச்சியில் அவன் வீடு. எவ்வளவு நடந்தாலும் அது தலைக்கு மேலேயேதான் இருக்கும். வந்தவர்கள் எல்லோரும் கடலையே பார்த்துக்கொண்டு நடந்ததால் இதுவரை யாரும் கேள்வி கேட்டதில்லை.

இன்றைக்கு வந்திருந்தது சாதாரணக் கூட்டம் இல்லை. ஒரு பெரிய பயண நிறுவனத்தை நடத்தும் அம்மாள், தனக்கு வேண்டிய ஒன்பது பேரைக் கூட்டிக்கொண்டு பரீட்சை பார்க்க வந்திருந்தார். அவருக்குப் பிடித்துவிட்டால் வருஷம் முழுக்க வாரத்துக்கு மூன்று கூட்டம் வரும். பிடிக்காவிட்டால் கைடு மறுபடியும் மச்சானின் மெத்தைக் கடைக்குத்தான் போக வேண்டும். அங்கே அவன் வேலை, வாடிக்கையாளர் முன்னால் மெத்தையில் படுத்து "ஆஹா" என்று சொல்வது. "கொஞ்சம் சந்தோஷமாப் படுங்க. உங்க மூஞ்சியைப் பார்த்தா வாங்க வந்தவன் தூக்கத்தையே மறந்துடுவான்" என்று மச்சான் எல்லோர் முன்னாலும் சொல்வார். அந்த இரண்டு வருஷத்தை நினைத்தால் அவனுக்கு இன்றைக்கும் முதுகு வலிக்கும்.

அக்காவிடம் என்னென்ன சொன்னோம் என்று கைடு நடந்துகொண்டே நினைத்துப் பார்த்தான்.

"என்னடா பண்ணிட்டிருக்கே?" என்று அக்கா கேட்டாள். "மந்தையை ஓட்டிட்டுப் போறேன்," என்றான். நிறுவனத்தம்மாவைப் பற்றி, "கண்ணாடிக்கு மேல ஒரு பார்வை பார்க்குதுக்கா. வீட்டுப் பாடம் எழுதாம வந்துட்டோமோன்னு எனக்கே பயமாயிருக்கு," என்றான். கூட்டத்திலிருந்த பல் டாக்டரைப் பற்றி, "எதைக் குடிக்கக் கொடுத்தாலும் முதல்ல கொப்பளிக்கிறான்," என்றான். ஒயினைப் பற்றி, "மூணு பாட்டில்ல ரெண்டு ஒரே பீப்பாய்தான்," என்றான்.

அதற்குப் பிறகு சாப்பாட்டைப் பற்றி. "நூறு வருஷமா எங்க குடும்பத்துப் பக்குவம்னு சொல்லிக்கறேன். என் பொண்டாட்டி போன மாசம்தான் போன்ல பார்த்துக் கத்துக்கிட்டா. கருகிப் போச்சுன்னா 'இது புகை மணம்'னு சொல்லிடுவேன். என்ன இருந்தாலும் உன் கைப்பக்குவம் அவளுக்கு வராதுக்கா."

கடைசியாகச் சொன்னது அக்காவை மகிழ்விக்கச் சொன்னது. அதைக் கணக்கில் சேர்க்க வேண்டாம் என்று விட்டுவிட்டான்.

ஒருவேளை அவர்களுக்குக் கேட்டிருக்காதோ? அந்த ஆசைக்கும் இடமில்லை. புறப்படும்போது "எல்லாருக்கும் கேட்குதா?" என்று அவன் மைக்கில் கேட்டதற்குப் பத்துப் பேரும் கட்டைவிரலை உயர்த்தியிருந்தார்கள்.

மெதுவாகத் திரும்பிப் பார்த்தான். பல் டாக்டர் கருவியைக் காதோடு அழுத்திப் பிடித்துக்கொண்டு, ஒரு சொல்லையும் விடக்கூடாது என்பதுபோல வந்துகொண்டிருந்தார். நிறுவனத்தம்மா கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

அழவே வைத்துவிட்டோமா!

நேராகப் போய் மன்னிப்புக் கேட்டிருக்கலாம். அதற்குக் கொஞ்சம் தைரியம் வேண்டும். அவனிடம் இருந்ததெல்லாம் மூளைதான், அதுவும் அவசரத்துக்கு உதவாத ரகம். வாயால் கெட்டதை வாயாலேயே சரிசெய்துவிடலாம் என்று அது சொன்னது. மறுமுனையில் யாருமே இல்லாத போனைக் காதில் வைத்துக்கொண்டு, மைக் பக்கமாகக் கழுத்தைச் சாய்த்தான்.

"அக்கா, இவ்வளவு நேரம் சும்மா விளையாட்டுக்குச் சொன்னேன். அந்தம்மா முகத்துல என்ன ஒரு களைங்கறே! பார்த்துக்கிட்டே இருக்கலாம். காலையில எழுந்ததும் இப்படி ஒரு முகத்துல முழிச்சா அன்னிக்குப் பூரா எப்படியிருக்கும்! ம்... நான் தினம் யார் முகத்துல முழிக்கிறேன்னு உனக்கே தெரியும். கொடுத்து வைக்கலை, விடு."

மறுபடியும் திரும்பிப் பார்த்தான். நிறுவனத்தம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு லேசாகச் சிரித்தார். அப்பாடா! ஆனால் அவருக்குப் பக்கத்தில் வந்த தொப்பிக்காரர், காலையிலிருந்து அந்தம்மாவின் பையைத் தூக்கிக்கொண்டு நடக்கும் ஆஜானுபாகுவான மனிதர், முகம் சிவக்கப் பல்லைக் கடித்துக்கொண்டு கைடையே முறைத்தார்.

புருஷன்!

பாதையின் இடப்பக்கம் கடல் முப்பதடி கீழே இருந்தது. கைடு வலப்பக்கமாக ஒதுங்கி நடந்தான்.

இந்த முறை போனைத் தொடவில்லை. மைக்கிலேயே நேரடியாகப் பேசினான்.

"அன்பானவங்களே! இடப்பக்கம் தெரியுறது கடல். அது கிடக்கட்டும். என்னைப் பத்தி ஒரு வார்த்தை சொல்லிக்கறேன். நான் அடுத்த பெண்ணை நிமிர்ந்து பார்க்கறவன் இல்லை. ஒழுக்கம்னு நினைச்சுக்காதீங்க, பயம். வீட்ல ஒருத்தி இருக்கா. சாப்பாட்டு நேரத்துல நீங்களே பார்ப்பீங்க. பார்க்கத்தான் சாது. கதவைச் சாத்திட்டா ராட்சசி! அவ ஒரு பார்வை பார்த்தா அடுப்பில்லாமலே பால் பொங்கிடும். அப்படிப்பட்டவகிட்ட குடும்பம் நடத்துறவனுக்கு வேற நினைப்பு வருமா? அண்ணன்மாருங்க யாரும் தப்பா எடுத்துக்காதீங்க."

சொல்லிவிட்டுக் கையை நெஞ்சில் வைத்துத் தொப்பிக்காரரைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டான். தொப்பிக்காரர் குழம்பிப்போய்ப் பதிலுக்குக் கும்பிட்டார். ஆனால் முகம் மட்டும் மாறவில்லை.

ஒயின் கொட்டகை குளுகுளுவென்று இருந்தது. பீப்பாய்க்காரர் மூன்று பாட்டில்களை வரிசையாக வைத்து, கோப்பைகளைத் துடைத்துக்கொண்டிருந்தார். எல்லோரும் கருவிகளைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு மேஜையைச் சுற்றி நின்றார்கள். பல் டாக்டர் ஒவ்வொன்றையும் கடமை தவறாமல் கொப்பளித்துவிட்டுக் கைடு பக்கம் திரும்பினார்.

"ரெண்டாவதுக்கும் மூணாவதுக்கும் என்ன வித்தியாசம்?"

குத்திக் காட்டுகிறார் என்று கைடுக்குப் புரிந்துவிட்டது. "உங்களுக்குத் தெரியாததா டாக்டர்? என் வாயாலேயே சொல்ல வைக்கணுமா?"

டாக்டர் கொஞ்சம் யோசித்தார். "அதுவும் சரிதான். அவங்கவங்க வாயில வச்சுப் பார்த்தாத்தான் தெரியும். நல்லா சொன்னீங்க!" என்று இன்னொரு வாய் கொப்பளித்தார்.

எவ்வளவு நாசூக்காக மானத்தை வாங்குகிறார்கள் என்று கைடு நொந்துபோனான். பிராயச்சித்தமாக, பீப்பாய்க்காரர் விசேஷத்துக்கென்று ஒளித்து வைத்திருந்த நான்காவது பாட்டிலை எடுத்துத் திறந்தான்.

"யோவ், அது என் பொண்ணு கல்யாணத்துக்கு வச்சதுய்யா!"

"கல்யாணம் எப்போ?"

"இனிமேதான் மாப்பிள்ளை பார்க்கணும்."

"அதுக்குள்ள வேற வாங்கித் தர்றேன், விடுங்க!" என்று எல்லோர் கோப்பையையும் நிரப்பினான். படபடப்பில் தன் கோப்பையையும் நிரப்பினான். பிறகு, மிச்சம் வைத்தவர்களின் மிச்சத்தையும் வீணாக்க மனமில்லாமல் ஊற்றிக்கொண்டான். வேலை நேரத்தில் ஒரு சொட்டுகூடத் தொடாதவன் அவன். கொட்டகையை விட்டு வெளியே வந்தபோது கடல் அவன் பக்கமாகக் கொஞ்சம் சாய்ந்திருந்தது.

இனி பாக்கி சாப்பாடு ஒன்றுதான். கருகினால் புகை மணம் என்பது இவர்களுக்குத் தெரிந்துவிட்டது. முதல் கவளத்திலேயே மூஞ்சியைச் சுளிப்பார்கள். ஒப்பந்தம் போய்விடும். நாளையே மெத்தையில் படுக்க வேண்டும். ஒயின் தலைக்கேறியதும் கைடுக்கு இதுவரை இல்லாத தைரியமும் நேர்மையும் ஒன்றாகப் பொங்கி வந்தன. கருவியை மாட்டிக்கொள்ளும்படி எல்லோருக்கும் காதைத் தொட்டுச் சைகை காட்டிவிட்டு, மைக்கை வாய்க்கு அருகில் இழுத்துக்கொண்டான்.

"இப்ப சாப்பிடப் போறோம். உங்ககிட்ட ஒளிக்கறதுக்கு இனி என்ன இருக்கு? எல்லாம் கேட்டாச்சு. அவ நல்லவதாங்க, பாடுபடறவ. ஆனா சமையல் எல்லாருக்கும் வந்துடுமா? உங்க காலைப் பிடிச்சுக் கேட்டுக்கறேன், பிடிக்கலைன்னாலும் முகத்துல காட்டாதீங்க. நல்லாயிருக்குன்னு ஒரு வார்த்தை சொல்லிடுங்க. ஒரு வேளைதானே? எட்டு வருஷமா நான் சொல்லலையா? செத்தா போயிட்டேன்?"

கண்ணில் நீர் கோத்துக்கொண்டது. கூட்டத்தைப் பார்த்து இரண்டு கைகளையும் விரித்தான். அவர்களும் கையை ஆட்டினார்கள். என்ன ஒரு பெருந்தன்மை!

முற்றத்தில் நீள மேஜை போட்டுத் துணி விரித்திருந்தது. சமையலறை ஜன்னல் வழியாகச் சூடாகத் தட்டுகள் வந்துகொண்டே இருந்தன. கைடு வாங்கி வாங்கி மேஜையில் வைத்தான். உள்ளேயிருந்து வளையல் போட்ட கைகள் மட்டும்தான் தெரிந்தன. சுட்ட மீன், பூண்டு போட்டு வதக்கிய சிப்பி, அடுப்பிலிருந்து அப்போதுதான் இறங்கிய ரொட்டி. எல்லோரும் தலை நிமிராமல் சாப்பிட்டார்கள். "பிரமாதம்!" என்றார் பல் டாக்டர். தொப்பிக்காரர் மூன்றாம் முறை மீன் கேட்டார்.

எவ்வளவு நன்றாக நடிக்கிறார்கள் என்று கைடு நெகிழ்ந்துபோனான்.

சாப்பாடு முடிந்ததும் நிறுவனத்தம்மா அவனைத் தனியாகக் கூப்பிட்டார். கையில் ஒரு கோப்பு.

"அம்மா, நான் இன்னிக்குப் பேசினதையெல்லாம் மனசுல வச்சுக்காதீங்க," என்று கைடு முந்திக்கொண்டான். "உங்க வீட்டுக்காரர்கிட்டயும் சொல்லுங்க."

"எந்த வீட்டுக்காரர்? அது எங்க அண்ணன். புது ஷூ கடிச்சுக் காலையிலேருந்து மூஞ்சியை அப்படி வச்சிருக்கார். ஆமா, நீங்க என்ன பேசினீங்க?"

"என்ன பேசினேனா? மைக்ல..."

"மைக்லயா?" அந்தம்மா சட்டைப்பையிலிருந்து காதுக் கருவியை எடுத்துக் காட்டினார். "இது காலையிலேருந்து பேசவே இல்லியே தம்பி. ஒருத்தரோடதும் பேசலை. டாக்டர் தட்டித் தட்டிப் பார்த்து ஓய்ஞ்சுட்டார்."

"புறப்படும்போது கேட்குதான்னேனே! எல்லாரும் விரலைத் தூக்கினீங்களே!"

"ரெண்டடி தள்ளி நின்னுக்கிட்டு அந்தக் கத்துக் கத்தினீங்க. கேட்காம என்ன பண்ணும்?"

கைடுக்குச் சட்டென்று நினைவு வந்தது. நேற்று தன் போனுக்குச் சார்ஜ் போடுவதற்காகக் காதுக் கருவிகள் சார்ஜ் ஆகும் பெட்டியின் ஒயரைப் பிடுங்கியவன், திரும்பச் செருகவே இல்லை. தன் மறதிக்கு ஒரு மாலை வாங்கிப் போட வேண்டும் போலிருந்தது. ஒருவருக்கும் ஒரு சொல்கூடக் கேட்கவில்லை! மந்தை கேட்கவில்லை, கொப்பளிப்பு கேட்கவில்லை, ஒரே பீப்பாய் கேட்கவில்லை!

"அப்ப கண்ணைத் துடைச்சீங்களே?"

"காத்துல தூசி. ஒண்ணு சொல்லட்டுமா? நான் பதினோரு ஊர் பார்த்துட்டேன். போன இடமெல்லாம் கைடுங்க காதுல ஓட்டை போடறாங்க. இங்கதான் மூணு மணி நேரம் கடல் சத்தத்தை மட்டும் கேட்டுக்கிட்டு நடந்தேன். மனசு அப்படியே லேசாயிடுச்சு." அந்தம்மா கோப்பைத் திறந்தார். "அதைவிட முக்கியம், அந்தச் சாப்பாடு. அதுக்காகவே எழுதிட்டேன். வருஷம் பூரா, வாரத்துக்கு மூணு கூட்டம். நீங்க இங்க போடுங்க. சமையலுக்குன்னு உங்க மனைவி தனியா ஒரு கையெழுத்துப் போடணும். அவங்க போட்டாத்தான் இது செல்லும். கூப்பிடுங்க."

கைடு நடக்கவில்லை, பறந்தான். முற்றத்தில் ஒரு நாற்காலியைத் தட்டிவிட்டு, அதனிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டுச் சமையலறைக்குள் பாய்ந்தான். மனைவி முதுகைக் காட்டிக்கொண்டு கடைசிச் சட்டியைக் கழுவிக்கொண்டிருந்தாள்.

"கையைத் துடைச்சுக்கிட்டு வா! கையெழுத்துப் போடணும். பொழைச்சோம்! மெத்தைக் கடைக்கு ஒரு கும்பிடு! நான் மைக்ல என்னென்னவோ உளறித் தொலைச்சுட்டேன். கடவுள் காப்பாத்திட்டார், பத்துப் பேருக்கும் ஒரு வார்த்தைகூடக் கேட்கலையாம்!"

அவள் சட்டியைக் கவிழ்த்து வைத்தாள். கையைப் பொறுமையாகத் துடைத்துக்கொண்டாள். முடியை ஒதுக்கி, காதிலிருந்து பச்சையாக மினுக்கிக்கொண்டிருந்த சின்னக் கருவி ஒன்றைக் கழற்றி மேடைமேல் வைத்தாள்.

"நீங்க எங்க வந்துட்டிருக்கீங்கன்னு தெரிஞ்சு அடுப்பைப் பத்த வைக்க, நான் தினமும் ஒண்ணை இங்கேயே சார்ஜ் போட்டு மாட்டிக்கறதுங்க," என்றாள். "அவங்களுக்குத்தான் கேட்கலை."