ஆணி அடித்த அற்புதம்

அந்த ஞாயிற்றுக்கிழமையும் எங்கள் பாதிரியார் பிரசங்கத்தைப் பாதியிலேயே முடித்துக்கொண்டார். கேட்க ஆள் இருந்தால்தானே? அமெரிக்காவில், மினசோட்டா மாநிலத்துச் சோளக்காடுகளுக்கு நடுவே இருக்கும் எங்கள் ஹேகன் ஊர் மொத்தமும் பழைய தானியக் கிடங்கின் வாசலில் முண்டியடித்துக்கொண்டு நின்றது. காரணம், மிசூரி மாநிலத்திலிருந்து வந்து இறங்கியிருந்த சகோதரர் எல்ராய் கிரான்ஷா. பரலோகத்தோடு அவருக்கு நேரடித் தொடர்பு உண்டாம். நடுவில் தபால்காரர்கூடக் கிடையாதாம்.

கிடங்கின் ஜன்னல்களில் தார்த்துணி அடித்திருந்தார். கதவைச் சாத்தினால் பட்டப்பகலிலும் கும்மிருட்டு. எதிர்ச்சுவரில் குண்டூசித் தலை அளவுக்கு ஒரு வெளிச்சம் தெரியும். அதுதான் விண்ணொளி. கேள்வி கேட்டால் நகரும். வலப்பக்கம் நகர்ந்தால் ஆம், இடப்பக்கம் நகர்ந்தால் இல்லை. பரலோகத்தில் வேறு வேலை இல்லை போலிருக்கிறது.

"நகர்ந்துச்சா?" என்று இருட்டில் எல்ராய் கேட்பார். முதல் கேள்வி எப்போதும் வங்கி மேலாளரின் மனைவி பெர்னிஸ் அம்மாளுக்குத்தான்.

"நகர்ந்துச்சு சகோதரரே! இடப்பக்கம், ஒரு அடி!"

"நீங்க சொல்லுங்க நில்ஸ்."

நில்ஸ் பால்பண்ணைக்காரர். "அம்மா சொன்ன மாதிரிதான். ஒரு அடி. ஒரு அங்குலம் கம்மியா இருந்தாலும் இருக்கும்" என்பார்.

எங்கள் ஊரை அறிந்தவர்களுக்கு இது புரியும். இங்கே யாரும் யாரையும் மறுத்துப் பேசமாட்டார்கள். தட்டில் இருக்கும் கடைசிக் கேக்குத் துண்டை எடுக்கமாட்டார்கள். காபி வேண்டுமா என்று கேட்டால் இரண்டு முறை வேண்டாம் என்பார்கள், மூன்றாவது முறை கேட்டால் வாங்கிக்கொள்வார்கள். மூன்றாவது முறையும் மறுத்தால் கன்னத்தில் அறைந்ததாக அர்த்தம். இப்படிப்பட்ட ஊரில், பெர்னிஸ் அம்மாள் பார்த்த ஒரு அடியைப் பார்க்கவில்லை என்று எவன் சொல்வான்?

அந்தக் கோடையில் எல்லாரும் கேட்ட கேள்வி ஒன்றுதான். இளம்பிள்ளை வாதத்துக்குப் புதிதாக ஊசி வந்திருந்தது. குழந்தைக்குப் போடலாமா? விண்ணொளி ஒவ்வொரு முறையும் இடப்பக்கமே போனது. போகாதா பின்னே! வாசலில் எல்ராய் 'ஒளி பட்ட தண்ணீர்' விற்றுக்கொண்டிருந்தார். குழந்தைக்குத் தினம் ஒரு மடக்கு கொடுத்தால் வாதம் அண்டாதாம். பெர்னிஸ் அம்மாளுக்கு மட்டும் தண்ணீர் இனாம்.

அன்று கேட்க வந்தவள் கெர்டா ஹால்வர்சன் என்ற தாய். அவள் மகள் கேரினுக்கு ஆறு வயது. போன கோடையில் பக்கத்து வீட்டுப் பையனை வாதம் அடித்து, அவன் இன்னும் மினியாபொலிஸ் ஆஸ்பத்திரியில் இரும்பு இயந்திரத்துக்குள் படுத்து மூச்சு விடுகிறான். மறுநாள் காலை பள்ளிக்கூடத்துக்கு ஊசி போட நர்ஸ் வருகிறாள், பெற்றவர்கள் சம்மதக் கையெழுத்துப் போடவேண்டும். ஒளி வேண்டாம் என்றால் கெர்டா கையெழுத்துப் போடமாட்டாள்.

அப்போது என் வீட்டு மாடியில் மிரியம் ஜெல்னிக் என்ற பெண் வாடகைக்கு இருந்தாள். நியூயார்க்குக்காரி. மனதில் பட்டதை உடனே வாயால் சொல்லிவிடும் வியாதி அவளுக்கு. மாநிலப் பல்கலைக்கழகத்தில் சமூக உளவியல் படிக்கிறாள்.

"அப்படின்னா என்னம்மா?" என்று கேட்டேன்.

"நாலு பேர் கூடினா மனுஷனுக்கு என்ன ஆகுதுங்கிற படிப்பு. கூட்டத்துக்குன்னு தனியா ஒரு மனசு இருக்குன்னு முதல்ல சொன்னாங்க. தேடிப் பார்த்தாங்க, கிடைக்கல. அப்புறம்தான் தனித்தனி ஆளை உட்கார வெச்சுச் சோதிக்க ஆரம்பிச்சாங்க. கும்மிருட்டுல அசையாத புள்ளியை உத்துப் பார்த்தா அது அசையற மாதிரி தெரியும். ஒட்டிப் பார்க்கப் பக்கத்துல ஒண்ணும் இல்லாததால கண்ணு பண்ற வேலை. தனியாப் பார்த்தா ஆளுக்கு ஒரு கணக்கு. சேர்ந்து பார்த்தா எல்லாரும் ஒரே கணக்குக்கு வந்துடுவாங்க."

"பொய் சொல்றாங்களா?"

"அதுதான் வேடிக்கை. பாதிப் பேருக்கு நிஜமாவே அப்படித் தெரியுது!"

இப்படிப்பட்டவளைக் கிடங்குக்கு அழைத்துப் போனேன். புண்ணியம் எனக்குத்தான்.

கெர்டா எழுந்து கேள்வியைக் கேட்டாள். எல்ராய், "நகர்ந்துச்சா?" என்று பெர்னிஸ் அம்மாளைக் கேட்பதற்குள் மிரியம் எழுந்துவிட்டாள்.

"ஐயா, இன்னைக்கு யாரும் வாய் திறக்க வேண்டாம். ஒளி போன பக்கம் கையை நீட்டட்டும், போதும்."

"தேவையில்லம்மா" என்றார் எல்ராய்.

"ஒரே ஒரு தடவை, ஐயா."

"ஒளிக்கு அதெல்லாம் பிடிக்காது."

"ஊருக்குப் புதுசா வந்தவ கேக்கறேன், தயவுபண்ணுங்க."

"முடியாதுன்னா முடியாது!"

மிசூரிக்காரருக்கு என்ன தெரியும், பாவம்! மூன்றாவது முறையும் மறுத்துவிட்டார். அதுவும் ஒரு விருந்தாளிப் பெண்ணை!

இருட்டில் நில்ஸ் தொண்டையைக் கனைத்தார். "அது... கொஞ்சம் வேற மாதிரிதான் இருக்கு" என்றார்.

வெளியூர்க்காரர்களுக்கு இது சாதாரணப் பேச்சாகத் தெரியலாம். எங்கள் ஊரில் இதைவிடக் கெட்ட வார்த்தை கிடையாது. நில்ஸ் வாய் திறந்ததும் பின்வரிசையில் இன்னொருவர், "ஆமா, வேற மாதிரிதான்" என்றார். ஒரு ஆள் துணிந்தால் போதும், அடுத்தவனுக்கும் நாக்கு முளைத்துவிடுகிறது. "கையை நீட்டினா என்னவாம்?" என்றாள் கெர்டா. எல்ராய் வேறு வழியில்லாமல், "சரி, நீட்டுங்க" என்றார்.

எல்லாரும் ஒளியையே பார்த்தார்கள். வாய் திறக்காமல் கைகளை நீட்டினார்கள்.

"கையை இறக்காதீங்க!" என்று கத்திக்கொண்டே மிரியம் கதவை விரியத் திறந்தாள்.

வெயில் உள்ளே பாய்ந்தது. அந்தக் காட்சியை நான் சாகும்வரை மறக்கமாட்டேன். ஒருவர் கை வடக்கே, ஒருவர் கை தெற்கே. நில்ஸ் கூரையைக் காட்டிக்கொண்டிருந்தார். அவர் மனைவி தரையைக் காட்டிக்கொண்டிருந்தாள். பெர்னிஸ் அம்மாளின் விரல் அவர் கணவரின் மூக்கைக் குத்திக்கொண்டிருந்தது. எதிர்ச்சுவர் உத்தரத்தில் ஒரு தகரப்பெட்டி, நடுவில் சின்ன ஓட்டை, உள்ளே மண்ணெண்ணெய் விளக்கு. அசையாமல் இருக்க நாலு மூலையிலும் ஆணி அடித்திருந்தது.

"எங்கய்யா நகர்ந்துச்சு?" என்றாள் மிரியம்.

எல்ராய் சளைக்கவில்லை. "ஒளி ஆளுக்குத் தகுந்தபடி பேசும்!"

கெர்டா அவர் முன்னால் போய் நின்றாள். "அப்போ நேத்து வரைக்கும் எல்லாருக்கும் ஒரே மாதிரி எப்படிங்க பேசுச்சு? என் குழந்தை விஷயம்யா இது! அந்தப் பையன் மூச்சு விடறதை நீ போய்ப் பார்த்திருக்கியா?"

எல்ராய் தொப்பியை எடுத்துக்கொண்டு பின்வாசல் வழியே நழுவினார். பெட்டியைக் கழற்ற அவருக்கு நேரமில்லை. அத்தனை கெட்டியாக அடித்திருந்தார்.

பெர்னிஸ் அம்மாள் மட்டும் தண்ணீர்ப் புட்டியை மார்போடு அணைத்துக்கொண்டார். "எனக்கு இன்னும் நம்பிக்கை இருக்கு" என்றார்.

"இப்பவுமா?" என்றேன்.

"இத்தனை நாள் ஊர்முழுக்கச் சொல்லியாச்சு. இப்ப பொய்ன்னா நான் முட்டாள்னு ஆயிடும்ல?"

மிரியம் என் காதில் சொன்னாள்: "இதுக்கும் இப்ப ஒரு கொள்கை எழுதிட்டிருக்காங்க. செஞ்சதை மாத்த முடியாதவன் நினைப்பை மாத்திக்குவான்னு."

மறுநாள் காலை பள்ளிக்கூடத்தில் தெருவரைக்கும் வரிசை. மிரியமுக்கு வாயெல்லாம் பல். நில்ஸ் பேரனோடு நின்றிருந்தார்.

"யோசிச்சு வந்தீங்களா ஐயா?" என்று கேட்டாள்.

"இல்லம்மா. எல்லாரும் வந்தாங்க, நானும் வந்தேன்."

அவள் முகத்தைப் பார்க்க வேண்டுமே! தலையில் அடித்துக்கொண்டாள்.

கெர்டாவின் முறை வந்தது. அவள் பேனாவைத் தொடவில்லை. "இதுக்குள்ள என்ன இருக்கு? எத்தனை பிள்ளைங்களுக்குப் போட்டுப் பார்த்தாங்க? கெடுதல் ஏதாவது வந்துச்சா?" என்று நர்ஸைக் கேட்டாள். பின்னால் நின்றவர்கள் முணுமுணுத்தார்கள். தன்மையான ஊரில் இத்தனை கேள்வியா? நர்ஸ் நிதானமாகப் பதில் சொன்னாள். புரியாத இடத்தில் கெர்டா திரும்பவும் கேட்டாள். பிறகுதான் கையெழுத்துப் போட்டாள். ஊசி ஏறியதும் கேரின் ஊரைக் கூட்டி அழுதாள்.

அன்றைக்கு வரிசையில் நின்ற அத்தனை பேரும் சரியான இடத்துக்குத்தான் வந்திருந்தார்கள். யாரும் தள்ளாமல் தன் காலால் வந்தவள் கெர்டா ஒருத்திதான். மற்றவர்களை நேற்று கிடங்குக்குத் தள்ளிய அதே கூட்டம் இன்று பள்ளிக்கூடத்துக்குத் தள்ளியிருந்தது, நாளைக்கு எங்கே தள்ளுமோ! ஆளுக்கொரு தலை இருக்கிறதே ஐயா, அது தொப்பி மாட்டுவதற்கு மட்டும்தானா?