கருத்தரும் ஒரு கிரேக்கப் பெயரும்

பெயர் என்ற ஒன்றை வைத்துக்கொண்டு சுன்னாகம் சந்தைப் பக்கம் போன எவரும் கருத்தரிடம் ஏச்சு வாங்காமல் திரும்பியதில்லை. நான் கூட்டிச் சொல்கிறேன் என்று நினைப்பவர்கள், தங்கள் வீட்டில் கடைசியாகப் பிறந்த பிள்ளையின் பெயருக்கு என்ன கருத்து என்று ஒரு நிமிடம் யோசித்துப் பாருங்கள். யோசிக்கிறீர்கள் அல்லவா? அந்த ஒரு நிமிடம் போதும் அவருக்கு. ஏறி மிதித்துவிடுவார்.

அவருடைய சொந்தப் பெயர் எனக்குத் தெரியாது. கேட்கப் பயம். சந்தைக்குப் பின்னால் வெங்காய லொறிகள் நிற்கும் ஒழுங்கையில் ஒரு மேசை, இரண்டு கதிரை, ஒரு போட்டோக்கொப்பி மெசின். அதுதான் கடை. பிறப்புப் பதிவு, அடையாள அட்டை, பாஸ்போட் என்று அரசாங்கம் எதற்கெல்லாம் படிவம் அச்சடிக்கிறதோ அதையெல்லாம் நிரப்பிக் கொடுப்பது அவர் தொழில். எழுத்து முத்து முத்தாக இருக்கும். அவர் நிரப்பிய படிவம் எந்தக் கந்தோரிலிருந்தும் பிழை என்று திரும்பி வந்ததாகச் சரித்திரமில்லை. அந்த ஒரு காரணத்துக்காகத்தான் சனம் அவரைப் பொறுத்துக்கொண்டது.

பிறந்த திகதி, இடம், நேரம் எல்லாம் சமத்தாக எழுதிக்கொண்டு வருவார். பிள்ளையின் பெயர் என்ற கட்டம் வந்ததும் பேனையை மூடுவார்.

"கருத்து?"

ஒரே சொல். தகப்பன்மார் அந்த இடத்தில் வியர்ப்பதை நான் கண்ணால் கண்டிருக்கிறேன். ஒருவர் 'டிஷோனிக்சன்' என்று சொல்லிவிட்டு, தன் பெயரில் பாதியும் மனைவியின் பெயரில் பாதியும் சேர்த்தது என்று பெருமையாக விளக்கம் கொடுத்தார்.

"மொட்டைத் தலைக்கும் முழங்காலுக்கும் முடிச்சுப் போட்டிருக்கிறீர். கருத்து என்ன?"

"கருத்தெண்டு ஒண்டுமில்லை அண்ணை. சும்மா ஒரு ஸ்டைலுக்கு."

"ஸ்டைலுக்கு வெட்டுறது தலைமயிர். பேர் இல்லை. எழும்பும்!"

எழும்பிப் போனார். அடுத்த நாள் வேறு பெயரோடு வந்தார். கலியாண அழைப்பிதழைப் பிரதியெடுக்க வந்த ஒரு தாயிடம் மாப்பிள்ளையின் பெயருக்குக் கருத்துக் கேட்டு, அவ தெரியாமல் விழிக்க, அழைப்பிதழில் இருந்த தொலைபேசி எண்ணைப் பார்த்து மாப்பிள்ளை வீட்டுக்கே எடுத்துக் கேட்ட மனிதர் இவர். அவர்களுக்கும் தெரியவில்லை. கலியாணம் நடந்தது கடவுள் செயல். பக்கத்துக் கடை நாயைக்கூட விடவில்லை.

"ஜிம்மி எண்டால் என்ன?"

"நாய்க்குமோ அண்ணை?"

"கருத்துத் தெரியாமலே கூப்பிட்ட உடனை வருகுதே. அது அதின்ரை பெருந்தன்மை. உம்மடையில்லை."

இப்படிப்பட்டவரிடம் நான் போய் மாட்டினேன். வேலியில் போன ஓணானை மடியில் கட்டினேன் என்றுதான் சொல்ல வேண்டும்.

எங்களுக்கு மகள் பிறந்தாள். என் மனைவி 'ஹல்சியோன்' என்று பெயர் சொன்னாள். கிரேக்கப் பெயர். ஆணுக்கும் வைக்கலாம், பெண்ணுக்கும் வைக்கலாம். தொலைபேசியில் குழந்தைப் பெயர்ப் பக்கம் ஒன்றில் கண்டெடுத்திருக்கிறாள். அது ஒரு மீன்கொத்திப் பறவை. கடலின் மேலேயே கூடு கட்டி அடைகாக்குமாம். அது அடைகாக்கும் பதினான்கு நாளும் காற்று அடங்கி, கடல் அசையாமல் கிடக்குமாம். மனைவி தொண்டைமானாற்றுக்காரி. தகப்பன், தமையன் எல்லோரும் கடலுக்குப் போகிறவர்கள். கடல் அடங்கும் என்ற கதை அவளுக்குப் பிடித்ததில் ஆச்சரியமில்லை என்று நினைத்து, நானும் சரி என்றேன்.

வீட்டில் பெரிய போர் நடக்கும் என்று எதிர்பார்த்தேன். நடக்கவில்லை. காரணத்தைக் கேட்டால் உங்களுக்கும் என்னைப்போல் கோபம் வரும். பிள்ளையின் நட்சத்திரத்துக்குச் சாத்திரியார் கொடுத்த எழுத்து 'ஹ'. அந்த எழுத்தில் தொடங்கும் நல்ல தமிழ்ப் பெயர் ஒன்று சொல்லுங்கள் பார்க்கலாம். சிரிப்பதற்குத் தவிர வேறு எதற்கு எங்களுக்கு அந்த எழுத்து? "எழுத்துப் பொருந்துதெல்லோ, காணும், வேறை என்ன வேணும்" என்றார் என் அம்மா. கனடாவிலிருந்து மாமா வைபரில் "வித்தியாசமா இருக்கு, சூப்பர்" என்றார். ஒருவராவது, ஒரே ஒருவராவது, அது என்ன பெயர், ஏன் அந்தப் பெயர் என்று கேட்கவில்லை. முதல் எழுத்துச் சரியென்றால் மிச்சம் எப்படிப் போனாலும் எங்கள் சனத்துக்குக் கவலையில்லை.

கேட்க ஒரே ஒரு மனிதர் இருந்தார்.

"பேர்?"

"ஹல்சியோன்."

"அது ஆர், தகப்பனோ?"

"இல்லை அண்ணை, பிள்ளை."

பேனை மூடப்பட்டது.

"ஆம்பிளைப்பிள்ளையோ, பொம்பிளைப்பிள்ளையோ?"

"பொம்பிளைப்பிள்ளை. ஆனால் ரெண்டு பேருக்கும் வைக்கலாம்."

"ரெண்டு பேருக்கும் பிடிக்க உதென்ன குடையோ? கருத்து?"

"மீன்கொத்தி."

கருத்தர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். "தம்பி, பிள்ளைக்கு மீன்கொத்தி எண்டு பேர் வைப்பீரோ?"

"இல்லை..."

"ஏன் வைக்கமாட்டீர்? வெக்கம். அதையே கிரேக்கத்திலை சொன்னால் வடிவு! உங்கடை வாய்க்கால் கரையிலை இருக்கிற மீன்கொத்தி என்ன பாவம் செய்தது?"

பதில் தெரியாதபோதுதான் மனிதனுக்குக் கோபம் கூடுதலாக வரும். படிவத்தைப் பறித்துக்கொண்டு வந்துவிட்டேன். இரண்டு நாள் கழித்து, அந்தப் பறவையின் கதையை அச்சடித்து எடுத்துக்கொண்டு மறுபடி போனேன். வாசித்தார். பதினான்கு நாள் கடல் அடங்குவது டிசம்பர் மாதத்தில் என்று அதில் போட்டிருந்தது.

"எப்ப? மார்கழியிலையோ?" ஒழுங்கையில் வெங்காயம் இறக்கிக்கொண்டிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். "உதை எழுதினவனை ஒருக்கா மார்கழியிலை தொண்டைமானாத்துக் கரையிலை கொண்டுவந்து விடும். உடுத்த வேட்டி வல்லிபுரத்திலை போய் விழும். பொய்க் கருத்துக்குப் பேர் எழுதமாட்டன். எழும்பும்!"

என் பிள்ளைக்கு நான் பெயர் வைக்க இந்த மனிதரிடம் எதற்கு அனுமதி? எனக்குத் தலை வெடித்தது. நேரே சந்திக்குப் போய், கண்ணாடிக் கதவு போட்ட ஒரு கடையில், கணினியில் நிரப்பிக் கொடுக்கும் ஒரு பெண்பிள்ளையிடம் கொடுத்தேன். ஐந்தே நிமிடம். ஒரு கேள்வி இல்லை. பெருமையோடு கந்தோருக்குக் கொண்டுபோனேன். அங்கே திருப்பித் தந்தார்கள். எங்கள் வழக்கத்தில் தகப்பன் பெயர் முன்னால், சொந்தப் பெயர் பின்னால் வரும். அந்தக் கடைப் பெண்பிள்ளை என் பெயரில் முன்னால் இருந்ததை மட்டும் எடுத்துத் தகப்பன் என்ற கட்டத்தில் போட்டுவிட்டது. படிவத்தின்படி என் மகளுக்குத் தகப்பன் என்னைப் பெற்ற ஐயா. ஐயா செத்துப் பத்து வருடம்.

பதிவு செய்ய இன்னும் மூன்று நாள்தான் இருந்தது. அதற்குப் பிறகு பிந்திய பதிவு, சத்தியக் கடதாசி, சாட்சி என்று அலைய வேண்டும்.

"வேறை பேர் வைப்பம். அந்த விசரனோடை மல்லுக்கட்டேலாது" என்றேன் வீட்டில்.

மனைவி பிள்ளையைத் துவாயால் சுற்றித் தூக்கிக்கொண்டு, "ஓட்டோவைக் கூப்பிடுங்கோ. நான் வாறன்" என்றாள்.

கருத்தர் எங்களைக் கண்டதும் கதிரையை இழுத்து அவளுக்குப் போட்டார். மரியாதை தெரிந்தவர்தான். ஆனால் கேள்வியை விடவில்லை.

"பிள்ளை, மீன்கொத்திக் கதையெல்லாம் உம்மடை மனிசன் சொல்லிப்போட்டார். அது பேரின்ரை கருத்து. நீர் ஏன் வைக்கிறீர்? அதைச் சொல்லும்."

"ஐயா, இதுக்கு முந்தி ரெண்டு பிள்ளையள் எனக்குத் தங்கேல்லை" என்றாள் அவள். "பிறக்க முந்திப் பேர் வைக்கக் கூடாது, நாவூறு படும் எண்டு எல்லாரும் சொல்லிச்சினம். நானும் வைக்கேல்லை. ரெண்டும் பேரில்லாமலே போச்சுதுகள். என்னெண்டு சொல்லி அழுறதெண்டு எனக்குத் தெரியேல்லை."

கருத்தர் படிவத்தை எடுத்துத் தன் முன்னால் வைத்தார்.

"இந்த முறை நான் ஒருத்தரையும் கேக்கேல்லை. மூண்டாம் மாசமே பேர் வைச்சிட்டன். ஆணோ பெண்ணோ தெரியாது. அதுதான் ரெண்டுக்கும் பொருந்திற பேராத் தேடினனான். குஞ்சு பொரிக்கிறவரைக்கும் கடல் அடங்கிக் கிடக்கும் எண்டு போட்டிருந்தது. பொய்யோ மெய்யோ, எனக்கு அது காணும். வயித்தைத் தடவி ஒவ்வொரு நாளும் அந்தப் பேரைச் சொல்லித்தான் கூப்பிட்டனான். இப்ப மாத்தினால், பிள்ளை நான் வேறை ஆரையோ கூப்பிடுறன் எண்டு நினைக்கும்."

அத்தனை மாதமும் ஒரே வீட்டில் இருந்த எனக்கு அவள் பெயர் சொல்லிக் கூப்பிட்டது தெரியாது. அவள் வயிற்றைப் பார்த்து முணுமுணுப்பதைக் கண்டிருக்கிறேன். தேவாரம் என்று நினைத்தேன். ஏன் இந்தப் பெயர் என்று கேட்காத சனத்தைத் திட்டித் தீர்த்தேனே, அந்தச் சனத்தில் முதல் ஆள் நான்தான். எனக்கு என்மேலேயே வெறுப்பு வந்தது.

கருத்தர் எழுதினார். ஒவ்வொரு எழுத்தாக, அவசரமில்லாமல், அவ்வளவு வடிவாக எழுதினார். எழுதி முடித்துவிட்டு என்மேல் பாய்ந்தார்.

"நீர் ஒரு மனிசனோ? ரெண்டு தரம் வந்து காத்து, கடல், கிரேக்கம் எண்டு என்ரை நேரத்தைத் திண்டனீர். கருத்து இதுதான் எண்டு சொல்ல உம்மடை வாய்க்கு என்ன வந்தது?"

தன் படிவத்தைத் தானே கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும் என்று ஓட்டோவில் எங்களோடு ஏறியும் விட்டார். கந்தோரில் ஓர் இளம் உத்தியோகத்தர். படிவத்தை இப்படியும் அப்படியும் திருப்பினார்.

"உதென்ன பேர்? ஆம்பிளைப் பேர் மாதிரியெல்லோ கிடக்கு. வடிவான பொம்பிளைப் பேர் ஒண்டு வைக்கேலாதோ?"

"தம்பி, உம்மடை பேர் என்ன?" என்றார் கருத்தர்.

"நிரோஜிதன்."

"கருத்து?"

உத்தியோகத்தர் மேலே பார்த்தார். மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது.

"தெரியாதெல்லோ? அப்ப வாயைப் பொத்திக்கொண்டு பதியும்! இது மீன்கொத்தி. கடலிலை அடைகாக்கும். அது இருக்கேக்கை காத்து அடிக்காது. மார்கழியிலையும் அடிக்காது. தொண்டைமானாத்திலையும் அடிக்காது. ஆருக்காவது சந்தேகம் இருக்கோ?"

வரிசையில் நின்ற ஒருவருக்கும் சந்தேகம் இருக்கவில்லை. பெயர் பதியப்பட்டது.

இத்தோடு தொல்லை விட்டது என்று நினைத்தேன். நாலாம் நாள் காலை எங்கள் வீட்டுப் படலையில் சைக்கிள் மணி விடாமல் அடித்தது. கருத்தர். முகம் முழுக்கக் கோபம். என்னைத் திரும்பியும் பார்க்காமல் நேரே உள்ளே போய் என் மனைவி முன்னால் நின்றார்.

"பிள்ளை, எனக்கு நாலு நாளா வேலை ஓடேல்லை. ஊரிலை கண்டது நிண்டதுக்கெல்லாம் பேர் இருக்கு. நாய்க்கு இருக்கு, லொறிக்கு இருக்கு. அந்த ரெண்டுக்கும் மட்டும் ஏன் இல்லை? உதென்ன நியாயம்? படிவம் இல்லாட்டி எழுதக் கூடாது எண்டு சட்டம் இருக்கோ?"

ஒரு வெள்ளைத் தாளை நீட்டினார். அதில் இரண்டு பெயர்கள். நல்ல தமிழ்ப் பெயர்கள். ஆணுக்கும் பெண்ணுக்கும் பொருந்துபவை. பக்கத்திலே கருத்தும் எழுதியிருந்தார்.

"பிடிக்காட்டிச் சொல்லும். வேறை எழுதலாம்" என்றார். அந்த மனிதர் தணிந்து கதைத்ததை அன்றுதான் முதன்முதல் கேட்டேன்.

மனைவி அந்தப் பெயர்களை ஒருமுறை வாய்விட்டு வாசித்தாள். பிறகு அந்தப் பெயர்களைச் சொல்லி அழுதாள். அவற்றை இங்கே எழுத மாட்டேன். அவை அவளுடையவை.

கருத்தர் இன்னமும் அதே ஒழுங்கையில்தான் இருக்கிறார். போன கிழமையும் ஒரு தகப்பனை எழுப்பிக் கலைத்தாராம். கரைச்சல் பிடித்த கிழவன் என்று ஊர் ஏசுகிறது. நானும் ஓமோம் என்று தலையாட்டுகிறேன். எங்கள் மூன்று பிள்ளைகளுக்கும் பெயர் எழுதியவர் அவர்.