பள்ளத்துக் காட்டுல ரெண்டாம் பாகம்

அன்னைக்கு எனக்கு இருந்த சோலி ஒண்ணுதான். போடியில இருந்து பொம்பளையாளுகளை ஜீப்புல ஏத்திக்கிட்டுப் போயி, மலையில பள்ளத்துக் காட்டு ஏலக்காயைப் பொழுதுக்குள்ள எடுத்து முடிக்கணும்.

காய் பழுத்து நிக்குது, இன்னைக்கு விட்டா வெடிச்சுக் கொட்டிரும், அப்புறம் உனக்குச் சூப்பர்வைசர் வேலை கிடையாதுன்னு முதலாளி சொல்லிட்டாரு. நானே வேலைக்குப் புதுசு.

வாயை மூடிக்கிட்டுப் போயிருக்கணும். எங்க!

முந்தின நாள்தான் ஒரு இந்திப் பேய்ப்படம் பார்த்திருந்தேன். ரெண்டாம் பாகம். ஜீப்பு மலையேற ஆரம்பிச்சதும் அந்தப் பேச்சை எடுத்தேன்.

ஆளுகள்லயே மூத்தவங்க செல்வியக்கா. மொதப் படத்துலயே பேயை ஓட்டியிருப்பாங்களே, மறுபடி எதுக்கு ஒரு படம்னு கேட்டாங்க.

விடுவேனா? ரெண்டாம் பாகம் எப்படி இருக்கணும்னு பாடம் எடுத்தேன். பேய் போயிருச்சுன்னு நாம நிம்மதியா இருக்கணும். எடம் அதே எடமா இருக்கணும். மொகத்தைக் காட்டவே கூடாது. சத்தம் மட்டும் வரணும், அதுவும் வரக்கூடாத பக்கம் இருந்து. மிச்சத்தை நம்ம புத்தியே பார்த்துக்கும். போடிமெட்டு வரைக்கும் நான் நிறுத்தலை.

"உனக்குப் பயமா இல்லையா, அப்பு?"ன்னாங்க செல்வியக்கா.

"நானா? நான் பேயைப் பார்க்கிறதில்லக்கா. டைரக்டர் வேலையைத்தான் பார்ப்பேன்."

காட்டுக்குப் போனதும் எல்லாரும் மேட்டுலயே உக்காந்துட்டாங்க. உன் கதையைக் கேட்டுப் பள்ளத்துல இறங்கவே கிலியா இருக்கு, மொத நீ போயிப் பார்த்துட்டு வான்னு சொல்லிட்டாங்க. எனக்கும் கிலிதான். பேயை நெனைச்சு இல்ல, முதலாளியை நெனைச்சு.

வெரசா இறங்குனேன். ஏலச்செடி ஆளை விட உசரம். உள்ள போனா ஒருத்தருக்கொருத்தர் தெரியாது. அதனால ஒருத்தர் "கூ"ன்னா மத்தவங்க "கூ"ன்னு பதில் கொடுப்பாங்க. ஆளு பக்கத்துல இருக்குன்னு ஒரு தெம்பு. அன்னைக்குப் பனிமஞ்சு வேற கண்ணு தெரியாம மூடிக் கெடந்துச்சு.

"கூ"ன்னேன். மேட்டுல இருந்து பதில் வந்துச்சு. தெம்பா நடந்தேன்.

ஓடை வரைக்கும் போயிட்டேன். ஒண்ணுமே இல்ல. திரும்பப் போறப்ப இன்னொரு தடவை "கூ"ன்னேன்.

பதில் ஓடைக்கு அந்தப் பக்கம் இருந்து வந்துச்சு. மெல்லிசா. அங்கிட்டு ஆளே கிடையாது.

ஆத்தாடி! ஓடுனேன் பாருங்க. ஒத்தச் செருப்பு சேத்தோட போச்சு. மேட்டுல வந்து விழுந்தா, அத்தனை பேரும் வயித்தைப் பிடிச்சுக்கிட்டுச் சிரிக்கிறாங்க. செல்வியக்காவை மட்டும் காணோம்.

கொஞ்ச நேரத்துல அவங்க பள்ளத்துல இருந்து ஏறி வந்தாங்க, கையில என் செருப்போட. குறுக்குப்பாதையில எனக்கு முன்னாலயே இறங்கி, ஓடைக்கு அந்தப் பக்கம் போயி நின்னிருக்காங்க!

"நீ சொன்னபடிதான் செஞ்சேன், அப்பு. கொறை எதுவும் இருந்தாச் சொல்லு."

மானம் போச்சு. ஆனா வேலை போகலை. சிரிச்ச தெம்புல எல்லாரும் இறங்கி, பொழுதுக்கு முன்னாடியே காயை எடுத்து முடிச்சுட்டாங்க.

முதலாளி வந்து பார்த்தாரு. பரவாயில்லையே, ஆளுக உனக்குப் பயந்து வேலை செய்யுறாங்கன்னு என் தோள்ல தட்டுனாரு.

ஒருத்தர்கூடச் சிரிக்கலை. அப்பத்தான், மூணாம் பாகம் வருதுன்னு எனக்கு நெசமாவே பயம் வந்துச்சு.