வட்டி அறிவிப்புக்கு முந்தைய ஞாயிறு

அரசாங்கங்களுக்கு ஆலோசனை சொல்லும் கூட்டத்தைப் பற்றி ஓர் உண்மையைச் சொல்லிவிடுகிறேன். எங்களில் முக்கால்வாசிப் பேருக்கு எந்த ரகசியமும் தெரியாது. தெரிந்த மாதிரி முகத்தை வைத்துக்கொள்ளத்தான் முதலில் பழகுகிறோம். நான் அதில் கொஞ்சம் சீக்கிரமே தேறிவிட்டேன். அதன் பலனை அனுபவித்தவள் என் தங்கை கஸ்தூரி.

எம்.ஏ. முடித்த கையோடு, மத்திய வங்கிக்கும் சில மாநில அரசுகளுக்கும் ஆலோசனை சொல்லும் ஓர் ஆய்வுக் குழுவில் சேர்ந்திருந்தேன். தக்காளி, வெங்காய விலைகளை வரைபடமாகப் போட்டுக் கொடுப்பது என் வேலை. (நாட்டின் வட்டியையே நான்தான் முடிவு செய்கிறேன் என்று மும்பையில் நாங்கள் குடியிருந்த மாட்டுங்கா லேபர் கேம்ப்பில் ஒரு பேச்சு. மறுக்க எனக்கு மனம் வரவில்லை.)

வட்டி முடிவு வெளியாவதற்கு முந்தைய சில நாட்கள் அதைப் பற்றி யாரும் வெளியில் வாய் திறக்கக் கூடாது. மௌன காலம் என்று பெயர். எங்கள் குழுத் தலைவி மேடம் எல்லோருக்கும் பொதுவாக அனுப்பிய அந்த உத்தரவை, எனக்கென்றே எழுதியதாக நினைத்துக்கொண்டு திரிந்தேன்.

அந்த மௌன காலத்தின் நடுவில் வந்த ஞாயிற்றுக்கிழமைதான் சரவணன் வீட்டார் கல்யாணம் பேசி முடிக்க வந்தார்கள். பேச்சு பேருக்குத்தான். கஸ்தூரியும் சரவணனும் கிங்ஸ் சர்க்கிளில் காபி குடித்து, பிடித்துப்போய், எல்லாம் ஆயிற்று. “எனக்குப் புடிச்சிருக்குண்ணே” என்று என்னிடம்தான் முதலில் சொன்னாள்.

சரவணனின் அப்பாவுக்குச் செம்பூரில் மளிகைக் கடை. மிக்சரை அள்ளிக்கொண்டே என் பக்கம் திரும்பினார்.

“தம்பிக்கு பேங்க் விஷயமெல்லாம் அத்துப்படியாம்லா! பக்கத்துக் கடையையும் லோன் போட்டு எடுக்கலாம்னு இருக்கேன். வட்டி ஏறுமா, குறையுமா?”

“அதைப் பத்தி நான் ஒண்ணும் சொல்றதுக்கில்ல மாமா.”

“வாயால சொல்லாண்டாம். சும்மா தலைய ஆட்டுங்க, நான் புரிஞ்சுக்கிடுதேன்.”

அந்த நொடியிலிருந்து என் தலை அசையவில்லை. அம்மா “மிக்சர் வேணுமால?” என்று கேட்டபோதும் அசையவில்லை.

“தம்பிக்குக் கழுத்து புடிச்சிருக்கோ?” என்றாள் சரவணனின் அத்தை. அந்த வீட்டில் அவள் வைத்ததுதான் சட்டம். பிறகு சாதாரணமாக, “கஸ்தூரிக்கு ஆபீஸ்ல எப்படி? நல்ல பேருதான?” என்றாள்.

கஸ்தூரி வீட்டுக்கடன் தரும் கம்பெனியில் வேலை பார்த்தாள். ஆபீஸ் எப்படி என்றால் கடன் வியாபாரம் எப்படி என்று அர்த்தம். கடன் வியாபாரம் எப்படி என்றால் வட்டி எப்படி என்று அர்த்தம். அத்தை சுற்றி வளைத்து வருகிறாள் என்று என் மூளை எச்சரித்தது. (எம்.ஏ. படித்த மூளை.)

“அவ ஆபீஸைப் பத்தி இப்ப நான் பேச முடியாது.”

மிக்சர் மெல்லும் சத்தம் நின்றது.

“ஏன், அங்க ஏதும் பிரச்சினையா?”

“இருக்குன்னும் சொல்ல மாட்டேன், இல்லைன்னும் சொல்ல மாட்டேன்.”

“ஏல, என்னல பேசுத?” என்று என் அப்பா பல்லைக் கடித்தார்.

“எதுவானாலும் புதன்கிழமைக்கு அப்புறம் கேளுங்க” என்றேன்.

“புதன்கிழமை என்ன?”

பதிலுக்குப் புன்னகைத்தேன். பேட்டிகளில் பெரிய அதிகாரிகள் புன்னகைப்பார்களே, அது. கண்ணாடி முன் நின்று பழகி வைத்திருந்தேன்.

காபித் தட்டோடு வாசற்படியில் நின்ற கஸ்தூரி, “அண்ணன் எப்பவும் இப்படித்தான், ஆபீஸ்ல ஒண்ணும் இல்ல அத்தை” என்றாள். “நீ உள்ள போம்மா” என்றாள் அத்தை. காபி ஆறுவதற்குள் கிளம்பிவிட்டார்கள். தெருவில் இறங்கும் முன் சரவணன் ஒரு தடவை திரும்பிப் பார்த்தான். கஸ்தூரி தட்டைக் கீழே வைக்காமல் அங்கேயே நின்றிருந்தாள்.

அன்று இரவிலிருந்து அவள் போனை அவன் எடுக்கவில்லை. நான் அப்போதும் புதன்கிழமைக்குத்தான் காத்திருந்தேன்.

புதன்கிழமை அறிவிப்பு வந்தது. வட்டி மாறவில்லை. (எனக்கே டிவியில்தான் தெரிந்தது.) பஸ் பிடித்து செம்பூர் கடைக்கு ஓடினேன்.

“மாமா, இப்ப எல்லாம் சொல்லலாம்!”

“அதான் டிவியிலயே சொல்லிட்டானே தம்பி.”

மூச்சு வாங்க வாங்க மௌன காலத்தை விளக்கினேன். கஸ்தூரிக்கு ஆபீஸில் பிரமோஷன் வரப்போவதையும் சொன்னேன். துவரம்பருப்பைப் பொட்டலம் கட்டியபடியே கேட்டுக்கொண்டார்.

“நீங்க சொல்லுதது நெசமாவே இருக்கட்டும். ஆனா கூடப்பொறந்த அண்ணனே வாய் தொறக்க யோசிச்சாம்லா, அது போதும்னுட்டா எங்க அக்கா. வேற எடத்துக்கு வாக்கும் குடுத்துட்டா.”

வீட்டுக்கு வந்து சொன்னேன். கஸ்தூரி அழவில்லை. “அரே, ஒரு பொய்யாவது சொல்லித் தொலைச்சிருக்கலாம்லண்ணே” என்று மட்டும் சொன்னாள்.

இப்போது அரசாங்கங்கள் மக்களிடம் எப்படிப் பேச வேண்டும் என்று குறிப்பு எழுதிக் கொடுக்கிறேன். என் வீட்டில் அதை யாரும் நம்புவதில்லை. குழம்பில் உப்பு சரியா என்று அம்மா கேட்டால், “புதன்கிழமைக்கு அப்புறம் சொல்லுதேன்” என்பார் அப்பா.

விருந்தாளி யார் வந்தாலும் இந்தக் கதை உண்டு. சொல்வது கஸ்தூரிதான். அவளைப் போல் யாரும் சொல்ல முடியாது. கழுத்தை விறைத்துக்கொண்டு, கண்ணாடிப் புன்னகையோடு என்னைப் போலவே உட்கார்ந்து காட்டுவாள். வீடே உருண்டு சிரிக்கும். மாப்பிள்ளை வீட்டார் செருப்பு மாட்டும் இடம் வந்ததும், “அவ்வளவுதான், போயிட்டாங்க” என்று முடித்துவிட்டு டம்ளர்களை எடுக்க எழுந்துவிடுவாள்.

சரவணன் திரும்பிப் பார்த்ததை மட்டும் அவள் இதுவரை சொன்னதில்லை.