நாலு மணி வெயிலுக்கு வட்டி

"இன்னும் இருபத்திரண்டு வருஷம் இருக்கு சார்" என்றார் வங்கியின் கடன் பிரிவு மேடம், ஏதோ பரிசு விழுந்திருக்கிறது என்று சொல்லும் குரலில்.

பல்செட்டுக்காரர் சிரித்தார். பாவம், கம்ப்யூட்டருக்கும் வயசாகிவிட்டது போல என்று நினைத்துக்கொண்டார்.

"மேடம், வாங்கும்போதே இருபது வருஷம்தான். ஏழு வருஷமா ஒரு மாசம் விடாம கட்டியிருக்கேன். இருபதுல ஏழு போனா?"

"பதிமூணு."

"அப்புறம்?"

"அது சாதாரணக் கழித்தல் சார். இது வீட்டுக் கடன்."

பல்செட்டுக்காரரின் சிரிப்பு, அவர் செய்யும் சாமான்களைப் போலவே, வாயில் அப்படியே நின்றுவிட்டது.

"நடுவுல வட்டி ஏறிச்சு இல்லையா?" என்று மேடம் பொறுமையாக விளக்கினார். "மாசத் தவணையைக் கூட்டினா நீங்க கஷ்டப்படுவீங்கன்னு நாங்க அதைத் தொடவே இல்ல. வருஷத்தை மட்டும் கொஞ்சம் நீட்டி விட்டுட்டோம்."

"யாரைக் கேட்டு நீட்டினீங்க?"

"உங்களைத்தான். கடன் வாங்கின அன்னிக்கே கையெழுத்து போட்டிருக்கீங்க. அறுபதாவது பக்கம்."

அவருக்கு இப்போது வயது நாற்பத்தாறு. கடைசித் தவணை கட்டப் போகிற அன்று, அவர் வாயில் இருக்கப்போவது அவர் கையாலேயே செய்த பல்லாகத்தான் இருக்கும்.

"சரி, எல்லாம் முடியும்போது மொத்தமா எவ்வளவு கட்டியிருப்பேன்?"

மேடம் திரையை அவர் பக்கம் திருப்பினார். அந்த எண் திரையின் இந்த ஓரத்தில் கிளம்பி அந்த ஓரம் போய்ச் சேருவதற்குள் பல்செட்டுக்காரருக்கு இரண்டு தடவை மூச்சு முட்டியது.

"இது நான் வாங்கின கடன்ல ரெண்டரை மடங்குக்கு மேல இருக்கே! அப்ப நான் ரெண்டரை வீட்டுக்குப் பணம் கட்டறேன். ஒரு வீட்டுல குடியிருக்கேன். மிச்சம் ஒண்ணரை எங்க மேடம்? அந்த அரை வீட்டுச் சாவியையாவது குடுங்க!"

"அது காலத்துக்கான விலை சார்."

"காலத்தை நான் உங்ககிட்ட கேட்டேனா? அது என்கிட்டதானே இருந்துச்சு!"

மேடத்துக்கும் கொஞ்சம் மனசு இளகியது. குரலைத் தாழ்த்திச் சொன்னார். "ஆரம்ப வருஷங்கள்ல நீங்க கட்டறதுல பெரும்பகுதி வட்டிக்குத்தான் போகும். அசல் அசையவே அசையாது. கையில கொஞ்சம் சேரும்போதெல்லாம் அசல்ல கட்டிடுங்க. அசல் குறைஞ்சா வருஷம் குறையும்."

அவர் அந்த வீட்டை வாங்கியதே ஒரு பால்கனிக்காகத்தான். அதுவும் நாலு மணி பால்கனி.

அவர் வேலை பார்க்கும் பட்டறை ஒரு பெரிய கட்டடத்துக்கு அடியில், தரைக்குக் கீழே இருந்தது. பல் டாக்டர்கள் அனுப்பும் அச்சில் பிளாஸ்டர் ஊற்றி, மெழுகில் ஈறு கட்டி, பல் பல்லாகப் பதிக்கிற இடம். சூரியன் என்று ஒன்று இருப்பதே அங்கே வதந்திதான். பல்லின் நிறத்தைப் பகல் வெளிச்சத்தில்தான் பார்த்துப் பொருத்த வேண்டும் என்பதால், முன்பெல்லாம் நாளைக்கு நாலு தடவையாவது மாடிப்படி ஏறி வெளியே வருவார்கள். முதலாளி அதையும் பொறுக்காமல் பகல் வெளிச்சம் தருகிற விளக்கு ஒன்றை வாங்கி மாட்டிவிட்டார். அதன்பிறகு பகலுக்கும் ஸ்விட்ச் வந்துவிட்டது.

ஏழு வருஷத்துக்கு முன் வீடு பார்க்க வந்தபோது மணி நாலு. மேற்கிலிருந்து வந்த வெயில் பால்கனித் தரை முழுக்கப் படுத்திருந்தது. ஸ்விட்ச் இல்லாத வெயில்! கம்பிகளின் நிழல் அதன்மேல் சாய்வாக விழுந்திருந்தது. அவர் சுவரைத் தட்டிப் பார்க்கவில்லை; குழாயைத் திறந்து பார்க்கவில்லை. "எங்க கையெழுத்து போடணும்?" என்றுதான் கேட்டார்.

அந்த வெயிலை அதற்குப் பிறகு அவர் பார்க்கவே இல்லை. வார நாளெல்லாம் பட்டறை. தவணைக்குப் பற்றாததால் ஞாயிறும் பட்டறை. பள்ளியும் டியூஷனும் முடிந்து மகளும், மருந்துக்கடையில் வேலை முடிந்து மனைவியும் விளக்கு வைத்த பிறகுதான் வருவார்கள். புருஷனும் மனைவியுமாக உழைத்து வாங்கிய வெயிலில் தினமும் ஒரு புறா உட்கார்ந்துவிட்டுப் போனது.

"இருபத்திரண்டு வருஷமா?" என்றாள் மனைவி. "நம்ம பொண்ணு பாட்டியாகிடுவா போல இருக்கே!"

"விடு. அசலை அடிச்சு நொறுக்கிடறேன். ராத்திரில வீட்டிலேயே வேலை எடுத்துச் செய்யப்போறேன்."

செய்தார். சமையலறை மேடையில் பிளாஸ்டர், ஜன்னலில் மெழுகு, ஃபிரிட்ஜில் யாரோ ஒரு பெரியவரின் மேல்வரிசை.

"ஃபிரிட்ஜைத் திறந்தா பல்லு, அலமாரியைத் திறந்தா பல்லு" என்றாள் மனைவி. "இந்த வீட்ல சிரிக்கிறது அதுங்க மட்டும்தாங்க."

பிளாஸ்டர் கரைத்த தண்ணீரை சிங்க்கில் ஊற்றக் கூடாது என்று பட்டறைக்குப் புதிதாக வருகிறவர்களுக்கெல்லாம் முதல் பாடம் எடுக்கிறவர் அவர்தான். சொந்த வீட்டு சிங்க் என்றதும் பாடம் மறந்துவிட்டது. இரண்டே வாரத்தில் குழாய் கல்லாகி அடைத்து, கசிவு கீழ்வீட்டுக் கூரை வரை வேர்விட்டது.

பிளம்பர் அதை அறுத்து எடுத்து, கையில் ஏந்தி, மரியாதையோடு பார்த்தார். "சார், குழாய்க்குள்ள குழாய் மாதிரியே ஒரு சிலை செஞ்சு வெச்சிருக்கீங்க. உடைக்கவே மனசு வரல."

மனசு வராததற்கும் சேர்த்துக் கூலி வாங்கிக்கொண்டார். ராத்திரி வேலையில் வந்த பணம் முழுக்க அந்தச் சிலைக்குப் போனது. கீழ்வீட்டுக் கூரைக்கு மேற்கொண்டு கைமாற்று வாங்க வேண்டியிருந்தது.

"முன்னறையை வாடகைக்கு விட்டுடலாம்" என்றார் பல்செட்டுக்காரர்.

மனைவி நிமிர்ந்தாள். "அதுலதானே பால்கனி இருக்கு?"

"பால்கனியோட விட்டாத்தான் வாடகை கூட வரும். வர்றதை அப்படியே அசல்ல கட்டிட்டா, வருஷமெல்லாம் மளமளன்னு சரியும். அப்புறம் காலம் பூரா நாலு மணி நமக்குத்தான்."

"இருக்கறதைக் குடுத்துட்டு, வரப்போறதுக்குக் காத்திருக்கணும். அதானே?"

"அதேதான்."

"வங்கியில உங்களையும் வேலைக்கு எடுத்துக்கலாம்."

தரகரிடம் சொன்னார். அதே வரிசையில் நாலு வீடு தள்ளி எழும்பிக்கொண்டிருந்த அடுக்கு வீடுகளை விற்றுக்கொண்டிருந்த தரகர் அவர்; வாய் மட்டும் தனியாக வந்தாலே பாதி வீடு விற்றுவிடும். மறுநாளே ஆளைக் கூட்டிவந்தார். பேக்கரியில் ராத்திரி பூரா ரொட்டி சுடுகிறவர்; காலையில் வந்து தூங்குவார்; பகலெல்லாம் வீட்டில் இருப்பார். உப்பிய கன்னம், பளபளக்கும் நெற்றி, நல்ல பதத்தில் எடுத்த பன் மாதிரி ஒரு முகம். வாடகையில் ஒரு பைசா பேரம் பேசவில்லை. அறைக்குள் எட்டிக்கூடப் பார்க்காமல் நேரே பால்கனிக்குப் போய், கம்பியைப் பிடித்து, தெருவை இப்படியும் அப்படியும் பார்த்துவிட்டு, "போதும் ஓனர் சார்" என்றார்.

குடும்பம் கூடத்துக்குக் குடிபெயர்ந்தது. பல்செட்டுக்காரர் சோபாவில் காலை மடக்கிப் படுக்கக் கற்றுக்கொண்டார்.

ஒவ்வொரு நாளும் அவர் பட்டறையிலிருந்து திரும்பும்போது, பேக்கரிக்காரர் வேலைக்குக் கிளம்பப் படியிறங்கி வருவார்.

"ஓனர் சார், இன்னிக்கு வெயிலைப் பாத்திருக்கணுமே! அப்படியே உருக்கின வெண்ணெய் சார்."

இன்னொரு நாள், "மேகம் வந்து மறைச்சுது பாருங்க, உடனே ஓரமெல்லாம் தங்க ஜரிகை!"

இன்னொரு நாள், "முதுகுல கை வெச்சுத் தட்டிக் குடுக்கற மாதிரி இருந்துச்சு. நீங்க குடுத்து வெச்சவர் சார், இப்படி ஒரு வீடு!"

பல்செட்டுக்காரர் தலையாட்டுவார். சோபாவில் படுத்து, சுவருக்கு அந்தப் பக்கம் இருக்கும் பால்கனியை நினைத்துக்கொள்வார். பகலெல்லாம் சூடேறிய அதன் தரையில் இன்னும் கொஞ்சம் கதகதப்பு இருக்குமா என்று தோன்றும். எழுந்து போய்த் தொட்டுப் பார்க்கலாம்தான். ஆனால் கதவு வெளிப்பக்கம் பூட்டியிருக்கும். வாடகைக்கு விட்டவர் உள்ளே நுழையக் கூடாது என்று ஒப்பந்தத்தில் அவரே எழுதிக் கொடுத்திருந்தார்.

"அந்த ஆளு தினமும் இஸ்திரி போட்ட சட்டையோட வந்து உக்காருறாராம்" என்றாள் மனைவி ஒருநாள். "பக்கத்து வீட்டம்மா சொன்னாங்க. தலையைப் படிய வாரிக்கிட்டு, கையில ஒரு கப்போட."

"ரசனை இருக்கறவன்" என்றார் அவர் ஏக்கத்தோடு. "வெயிலுக்கு மரியாதை குடுக்கறான்."

சேர்ந்த வாடகைப் பணத்தை அசலில் கட்டிவிட்டு, நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு கடன் பிரிவு மேடத்தின் முன்னால் உட்கார்ந்தார்.

"இப்ப எத்தனை வருஷம் மேடம்?"

"உங்க மாசத் தவணை குறைஞ்சிருக்கு சார். வாழ்த்துகள்."

"வருஷம்?"

"வருஷம் அப்படியே இருபத்திரண்டு. எது குறையணும்னு நீங்க எழுதிக் குடுக்கலையே? எழுதலைன்னா இங்க தவணையைத்தான் குறைப்போம்."

"இப்ப எழுதித் தரேன். தவணை பழையபடி இருக்கட்டும். வருஷத்தை வெட்டுங்க!"

மேடம் தட்டினார். திரையைப் பார்த்தார். மறுபடி தட்டினார். "போன வாரம் வட்டி திரும்ப ஏறியிருக்கு சார். பழைய தவணைன்னா... இருபத்திரண்டு வருஷம்."

"எதுவுமே மாறலையே!"

"எப்படிச் சொல்றீங்க? நீங்க மட்டும் கட்டாம இருந்திருந்தா இருபத்தஞ்சு ஆகியிருக்கும். லாபம்தானே?"

இருந்த இடத்திலேயே இருப்பதற்கு ஒரு பால்கனி செலவாகியிருக்கிறது. பல்செட்டுக்காரர் பட்டறைக்குப் போய் மிச்ச வேலையை முடித்துவிட்டு, இருட்டிய பிறகு வீட்டுக்கு நடந்தார். தெருவெல்லாம் ஜன்னல்களில் விளக்கு எரிந்தது. அந்த வீடுகளில் எத்தனை பேர் தங்கள் வீட்டைப் பகலில் பார்த்திருப்பார்கள் என்று நினைத்துக்கொண்டே வந்தார்.

படியில் பேக்கரிக்காரர். "ஓனர் சார், இன்னிக்கு வெயில்..."

"எனக்கு ஒரு மணி நேரம் குடுங்க" என்றார் பல்செட்டுக்காரர். "ஒரே ஒரு நாள். நாலு மணிக்கு. நான் அங்க உக்காரணும்."

பேக்கரிக்காரரின் பன் முகம் சட்டென்று ஆறிப்போனது. "நாலு மணியா? மூணு எடுத்துக்கோங்க சார். அஞ்சரை எடுத்துக்கோங்க. காலையில வாங்க, காப்பி போட்டுத் தரேன். நாலு மட்டும் வேண்டாமே."

"நாலுதான் வேணும்."

"எனக்கு நஷ்டம் சார்."

"வாடகையில கழிச்சுக்கோங்க."

"ஒரு வாரத்து வாடகையைக் கழிச்சாத்தான் கட்டுப்படியாகும்."

"ஒரு மணி நேரத்துக்கு ஒரு வாரத்து வாடகையா? யோவ், அது என் பால்கனிய்யா!"

"அதனாலதான் சார் கம்மியா சொல்றேன்."

ஒத்துக்கொண்டார். பட்டறையில் சம்பளமில்லா விடுப்பு கேட்டார்; முதலாளி ஒருநாள் கூலியோடு ஞாயிற்றுக்கிழமைப் படியையும் சேர்த்து வெட்டினார். அதற்கும் ஒத்துக்கொண்டார்.

"நீயும் லீவு போடேன்" என்றார் மனைவியிடம். "ஆளுக்கு அரை மணி."

அவள் மருந்துக்கடைச் சம்பளத்தை மனசுக்குள் கணக்குப் போட்டாள். "ரெண்டு பேர் சம்பளமும் போனா தாங்காது. நீங்க உக்காந்துட்டு வாங்க. எப்படி இருந்துச்சுன்னு எனக்கு நிதானமா சொல்லணும். அந்த ஆளு மாதிரி வெண்ணெய், ஜரிகைன்னு அவசரமா சொல்லக்கூடாது."

அந்த நாள் வந்தது. பேக்கரிக்காரர் பெருமூச்சு விட்டுக்கொண்டே நாற்காலியைக் காட்டிவிட்டு, உள்ளே போய்ப் போர்வையை இழுத்துக்கொண்டார்.

பல்செட்டுக்காரர் நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தார். பட்டறைச் சட்டை, முழங்கையில் பிளாஸ்டர், காதோரம் மெழுகு. வெட்டின கூலி, கழித்த வாடகை, இந்த ஒரு மணி நேரத்தில் ஓடுகிற வட்டி எல்லாம் கூட்டினால் நிமிஷத்துக்கு எவ்வளவு என்று விரல்விட்டு எண்ணத் தொடங்கினார்.

வெயில் கம்பி வழியாக உள்ளே வந்தது. முதலில் செருப்பு. பிறகு முழங்கால். பிறகு, எண்ணிக்கொண்டிருந்த விரல்கள்.

அவர் ஆயிரக்கணக்கான பற்களுக்கு நிறம் பொருத்தியவர். வெள்ளையிலேயே பதினாறு வகை சொல்லுவார். இந்த நிறம் பட்டறையின் பல் நிற அட்டையில் எங்கேயும் இல்லை. வெண்ணெயும் இல்லை, ஜரிகையும் இல்லை. இதை எப்படி அவளிடம் நிதானமாகச் சொல்வது? கணக்கு பாதியில் நின்றது. அவள் இங்கே, இந்தப் பக்கத்தில், கைப்பிடிக் கம்பியில் சாய்ந்து உட்கார்ந்திருக்க வேண்டியவள். இருபத்திரண்டு வருஷம் கழித்து அவளால் படியேற முடியுமா?

நாற்பத்தாறு வயது ஆள், கடிகாரத்தைப் பார்ப்பதும் வெயிலைப் பார்ப்பதுமாக, விக்கி விக்கி அழுதார்.

கீழே தெருவில் தரகரோடு ஓர் இளம் ஜோடி அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றது. புது அடுக்கு வீட்டின் விளம்பரத் தாள் அந்தப் பெண்ணின் கையில் இருந்தது.

"ஏங்க, அவர் ஏன் அழறாரு?" என்று அவள் கேட்டது மேலே வரைக்கும் கேட்டது.

ஜோடி ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டது. தாளை மடித்துத் தரகரின் கையிலேயே கொடுத்துவிட்டு, வந்த வழியே விறுவிறுவென்று நடந்தது.

அடுத்த நிமிஷம் படிகள் அதிர்ந்தன. தரகர் மூச்சு வாங்க வந்து நின்றார். அழுகிற முகத்தைப் பார்த்தார், பிளாஸ்டர் முழங்கையைப் பார்த்தார், தலையில் அடித்துக்கொண்டார்.

"நாளையிலேர்ந்து தயவுசெஞ்சு பேக்கரிக்காரரையே உக்கார விடுங்க சார்; தினமும் நாலு மணிக்கு வீடு பாக்க ஆளுங்க வரும்போது அவர் இங்க உக்காரணும்னுதான் அந்த வாடகையையே நாங்க கட்டறோம், அவரைப் பாத்தா சொந்த வீட்டுக்காரர் மாதிரி இருக்கு, உங்களைப் பாத்தா தவணை கட்டறவர் மாதிரியே இருக்கு!"